மாறலாம், மாறக் கூடாது என்று கோடு போடுவது யார்?

ஏற்காட்டுக்காரி எழுதியது:

சேர்வராயன் கோயில் திருவிழாவையொட்டி எங்கள் வீட்டில் தொடங்கிய வாக்குவாதம் ஒன்று ஓயாமல் தொடர்வதால் இங்கே கேட்கிறேன். தெய்வம் மாறாதது, ஆகவே தெய்வத்துக்குச் செய்யும் முறையும் மாறக் கூடாது, ஊர் மாறுகிறதே என்று மதமும் மாறத் தொடங்கினால் அது மதமாக நிற்காது என்பது என் மாமனாரின் கட்சி. கல்லூரியில் படிக்கும் என் மகளோ, மாறாத மதம் என்று ஒன்று வரலாற்றிலேயே கிடையாது என்றும், மாறிவிட்டதை மாறவே இல்லை என்று சொல்லிக்கொள்ளும் சாமர்த்தியம்தான் எல்லா மதங்களுக்கும் பொது என்றும் சொல்கிறாள்.

சேர்வராயன் கோயில் குகைக்குள் சேர்வராயனையும் காவேரியம்மனையும் கும்பிட்டு வருகிற, மலையாளி என்று அழைக்கப்படும் இந்த மலைப் பழங்குடி மக்கள், தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து புறப்பட்ட மூன்று அண்ணன் தம்பிகள் என்றும், அவர்களில் மூத்தவர் சேர்வராயன் மலைக்கும் மற்றவர்கள் பச்சைமலைக்கும் கொல்லிமலைக்கும் போனார்கள் என்றும் கதை சொல்வார்கள். அந்தக் கதையை நம்பினால், மலையையே சாமியாகக் கும்பிடும் வழக்கம் மலைக்கு வந்த பிறகு ஏற்பட்டதாகத்தானே இருக்க வேண்டும்? இதை மாமனாரிடம் கேட்டேன். காபித் தோட்டத்தில் வேலை இருக்கிறது என்று எழுந்து போய்விட்டார்.

என் கேள்வி இதுதான். ஒரு மதத்தில் எது சாரம், எது வெறும் வழக்கம் என்று தீர்மானிப்பது யார்? கொள்கை முதலில் மாறி நடைமுறை பின்தொடர்கிறதா, நடைமுறை மாறிய பிறகு கொள்கை அதற்குக் காரணம் தேடுகிறதா? பொதுப்படையாக இல்லாமல் எடுத்துக்காட்டுகளோடு எழுதுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

அஸ்தம்பட்டி வாசகர் எழுதியது:

அம்மா, உங்கள் கேள்விக்கு நம் சேலத்தைத் தொட்டே நானூறு ஆண்டுப் பழைய எடுத்துக்காட்டு ஒன்று இருக்கிறது. 1606-ல் மதுரைக்கு வந்து, காவி உடுத்து, புலால் விலக்கி, தத்துவ போதகர் என்ற பெயரோடு வாழ்ந்த இயேசு சபைத் துறவி இராபர்ட் தெ நொபிலி, 1623-ல் அங்கிருந்து புறப்பட்டுச் சேந்தமங்கலத்துக்கும் சேலத்துக்கும் வந்தார். அதே ஆண்டு ஜனவரியில்தான் பாப்பரசர் பதினைந்தாம் கிரகோரி, கிறித்தவரான பிராமணர்கள் பூணூலும் குடுமியும் சந்தனமும் வைத்துக்கொள்ளலாம் என்று நிபந்தனைகளோடு அனுமதி அளித்திருந்தார். இவையெல்லாம் குலத்தையும் நாகரிகத்தையும் காட்டும் உலகியல் அடையாளங்களே தவிரச் சமய அடையாளங்கள் அல்ல என்று நொபிலி ஆண்டுக்கணக்கில் வாதாடிப் பெற்ற அனுமதி அது. மதுரையில் அவரோடு இருந்த சக துறவியே அதை ஏற்காமல் மேலிடத்துக்கு முறையிட்டார் என்பதிலிருந்து, எங்கே கோடு போடுவது என்பதில் அன்றே ஒருமித்த கருத்து இல்லை என்பது விளங்கும்.

வாதத்தின் நேர்த்தியைப் பாராட்டலாம். விளைவைப் பாராட்ட என்னால் முடியவில்லை. சாதி உலகியல் வழக்கம் என்று ஒதுக்கப்பட்டதும் அதைத் தட்டிக்கேட்கும் கடமையும் சமயத்துக்கு இல்லாமல் போயிற்று. உயர்சாதியினருக்கு ஒருவகைக் குருக்கள், மற்றவர்களுக்குப் பண்டார சுவாமிகள் என்று பிரித்து வைத்தார்கள். நெல்லைப் பக்கம் வடக்கன்குளத்தில் சாதிக்கொரு பகுதியாகப் பிரித்துக் கட்டிய கத்தோலிக்கக் கோயிலின் நடுச்சுவர் 1910-ல்தான் இடிக்கப்பட்டது. இதற்கு நேர்மாறாக, 1833-ல் ஆங்கிலிக்கன் பேராயர் டேனியல் வில்சன், சாதி சமயத்துக்கு விரோதமானது, சபைக்குள் அதற்கு இடமே இல்லை என்று சுற்றறிக்கை விட்டார். அதை ஏற்காமல் பலர் சபையை விட்டே வெளியேறினார்கள். அதே விவிலியம், அதே தமிழ்நாடு, அதே சாதி. ஒருவர் அதைக் கோட்டுக்கு வெளியே வைத்தார், இன்னொருவர் உள்ளே வைத்தார். காலத்துக்கு ஏற்ப மாறுவது எப்போதும் முற்போக்காகத்தான் இருக்கும் என்று நம்புகிறவர்களுக்கு நொபிலியின் கதையை நான் சொல்வதுண்டு.

கொள்கையே மாறியதற்கும் சான்று உண்டு. தனக்கு உண்மை என்று படும் சமயத்தைத் தழுவ ஒவ்வொருவருக்கும் உரிமை உண்டு என்ற கருத்தை 1864-ல் பாப்பரசர் ஒன்பதாம் பத்திநாதர் (பயஸ்) வெளியிட்ட பிழைகளின் பட்டியலில் சேர்த்திருந்தார்கள். 1965 டிசம்பரில், கத்தோலிக்க ஆயர்களின் உலகப் பேரவையான இரண்டாம் வத்திக்கான் சங்கம், மனித மாண்பிலிருந்தே சமய உரிமை பிறக்கிறது என்று அறிவித்தது. இது முரண் அல்ல, வளர்ச்சி என்பது திருச்சபையின் விளக்கம். கொள்கை வளரும், ஆனால் எல்லா மாற்றமும் வளர்ச்சி ஆகாது, சிதைவும் உண்டு என்று இரண்டையும் பிரித்தறிய அளவுகோல்கள் தேடி ஆங்கிலேய இறையியலாளர் நியூமன் 1845-லேயே ஒரு நூல் எழுதியிருந்தார். உங்கள் மகளின் வாக்கியத்தைக் கேட்டிருந்தால் அவர் சிரித்திருப்பார், மறுத்தும் இருப்பார்.

பாமர மக்கள் இதை எப்படி எதிர்கொண்டார்கள் என்பது வேறு கதை. என் சிறுவயதில் பூசை இலத்தீனில்தான் நடக்கும், குருவானவர் எங்களுக்கு முதுகு காட்டியபடி பீடத்தைப் பார்த்து நிற்பார், பாட்டிமார் அவரவர் செபமாலையைச் சொல்லிக்கொண்டிருப்பார்கள். 1963-ல் சங்கம் தாய்மொழிக்கு வழிவிட்டு, எங்கள் பங்கிலும் பூசை தமிழுக்கு வந்தபோது, இப்படி எல்லாவற்றுக்கும் பதில் சொல்லிக்கொண்டே இருந்தால் நான் எப்போது செபம் பண்ணுவது என்று என் பாட்டி கேட்டார்.

கோட்டைப் பகுதி மாணவர் எழுதியது:

இஸ்லாமியச் சட்டவியல் இந்தக் கேள்வியை நேரடியாகவே எடுத்துக்கொண்டிருக்கிறது. உதுமானியப் பேரரசு 1869 தொடங்கித் தொகுத்த மஜல்லா சட்டத்தின் 39-ஆம் விதி, காலம் மாறும்போது சட்டங்களும் மாறுவதை மறுக்க இயலாது என்கிறது. இதை எடுத்துக்காட்டும் பலர், உரையாசிரியர்கள் அதற்கு வைத்த வரம்பைச் சொல்வதில்லை. ஊர் வழக்கத்தை அடிப்படையாகக் கொண்ட சட்டங்கள் வழக்கம் மாறினால் மாறும், குர்ஆனிலோ நபிமொழியிலோ தெளிவாக வந்தவை மாறா என்பதே அவர்கள் வகுத்த வரம்பு. ஆகக் கோடு இங்கே முன்கூட்டியே போடப்பட்டிருக்கிறது. எது தெளிவாக வந்தது என்பதில்தான் மார்க்க அறிஞர்களான ஆலிம்களுக்குள் கருத்து வேறுபாடு. பெரும் சட்ட அறிஞரான இமாம் ஷாஃபியே இராக்கில் சொன்ன சில தீர்ப்புகளை எகிப்துக்குப் போன பிறகு மாற்றிக்கொண்டார், அவை பழைய சொல், புதிய சொல் என்றே இன்றும் பாடத்தில் வருகின்றன.

2020-ல் பள்ளிவாசல்கள் மூடப்பட்டபோது, வெள்ளிக்கிழமைக் கூட்டுத் தொழுகையான ஜும்ஆவுக்குப் பதிலாக வீட்டிலேயே நண்பகல் தொழுகையான லுஹர் தொழுதுகொள்ளுங்கள் என்று ஆலிம்கள் சொன்னதைப் பெரும்பாலோர் புதுமை என்று எதிர்க்கவில்லை. நெருக்கடி தடுக்கப்பட்டதையும் ஆகுமாக்கும், அதாவது அனுமதிக்கப்பட்டதாக்கும், என்ற விதி ஏற்கெனவே இருந்தது. மாற்றத்துக்கான கருவி உள்ளேயே இருக்கும் மரபில், மாறுவது விலகுவதாகத் தோன்றாது.

சேலம் குகைப் பகுதி நெசவுக்காரர் மகள் எழுதியது:

நீங்கள் இருவரும் நூல் வைத்திருக்கும் மதங்களைப் பற்றி எழுதுகிறீர்கள். சேலத்து மாரியம்மன் கோயில்களில் ஆடி மாதம் நடப்பதை எந்த நூலிலும் தேட முடியாது. பூச்சாட்டுவது, கம்பம் நடுவது, கூழ் ஊற்றுவது, மாவிளக்கு, உருளுதண்டம், எங்கள் குகையின் வண்டி வேடிக்கை எல்லாமே ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசி நடத்துகிறவை. வண்டி வேடிக்கையில் சாமி வேடம் போட்டு வண்டியில் நிற்பவர்களைச் சுற்றி இன்று சீரியல் விளக்கும் ஜெனரேட்டரும் இருக்கின்றன. இது ஆகமத்துக்குப் பொருந்துமா என்று கேட்க அங்கே ஆள் இல்லை.

ஆனால் விளக்கைப் பற்றிச் சொல்ல நான் வரவில்லை. மாரியம்மன் அம்மை நோயின் தெய்வம். வீட்டில் ஒருவருக்கு முத்துப் போட்டால் தாய் வந்திருக்கிறாள் என்பார்கள், வாசலில் வேப்பிலை செருகுவார்கள், தாளிப்பு வாசனை வராமல் சமைப்பார்கள், மஞ்சளும் வேப்பிலையும் போட்டு வெயிலில் வைத்த தண்ணீரைத் தலைக்கு ஊற்றித்தான் அவளை அனுப்பிவைப்பார்கள். அந்தப் பெரியம்மை உலகத்திலிருந்தே ஒழிந்துவிட்டதாக உலக சுகாதார நிறுவனம் 1980 மே மாதம் அறிவித்தது. நியாயப்படி பார்த்தால் அம்மனுக்கு வேலை முடிந்திருக்க வேண்டும். கூட்டம் கூடித்தான் இருக்கிறது. பலிபீடத்தில் உப்பும் மிளகும் கொட்டுகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள்: பிள்ளைக்கு மருத்துவக் கல்லூரி இடம், தறிக் கடன், தள்ளிப்போகும் கல்யாணம், சர்க்கரையால் ஆறாத கால் புண். நோய் போனபோது தெய்வமும் கூடவே போகவில்லை, அவள் கவனிக்கும் காரியங்கள் பெருகின. ஒரு பண்டிதரும் உட்கார்ந்து இதைத் தீர்மானிக்கவில்லை. ஒரு தெய்வத்தின் இயல்பே மாறியிருக்கிறது, ஆனால் சடங்கு பெரிதாக மாறவில்லை; வேப்பிலை அதே வேப்பிலைதான். மாமனார் நினைப்பதற்கு இது நேர் எதிரானது.

மேலிருந்து மாற்ற முயன்றதும் நடந்தது. கோயில்களில் உயிர்ப்பலியைத் தடுக்க 1950-லேயே சட்டம் இருந்தும் அது தூங்கிக்கொண்டிருந்தது. 2003-ல் அதைக் கண்டிப்பாகச் செயல்படுத்த அரசு உத்தரவிட்டபோது எங்கள் உறவில் சிலர் கிடாவுக்குப் பதில் பூசணிக்காயை வெட்டினார்கள், சிலர் வேண்டுதலையே அடுத்த ஆண்டுக்குத் தள்ளிவைத்தார்கள். 2004-ல் அந்தச் சட்டமே நீக்கப்பட்டது, கிடாக்கள் திரும்பி வந்தன. எங்கள் வீட்டில் மட்டும் பூசணிக்காய் நிலைத்துவிட்டது, அதற்குக் காரணம் சட்டமும் அல்ல, அகிம்சையும் அல்ல, கிடா விலை.

ஏற்காட்டுக்காரி எழுதியது:

மூவருக்கும் நன்றி. பெரியம்மையைப் பற்றி எழுதியதை வீட்டில் படித்துக் காட்டினேன். மாமனார், அம்மன் மாறவில்லை, நமக்குத்தான் குறைகள் மாறிவிட்டன என்றார். இதற்கு எனக்குப் பதில் தெரியவில்லை. இன்னொரு சந்தேகமும் இருக்கிறது. கோயில் நுழைவு, அனைத்துச் சாதியினரும் அர்ச்சகர் ஆவது போன்றவற்றில் கோட்டைப் போட்டது மதமா, அரசா?

ஆத்தூர் வழக்கறிஞர் எழுதியது:

அரசும் நீதிமன்றமும்தான் போட்டன, ஆனால் அதற்கான கொள்கை மதத்துக்குள் வெகுகாலமாகவே இருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அடியாரின் பிறப்பை ஆராய்வது பெருங்குற்றம் என்று வைணவ ஆசாரியர் பிள்ளை லோகாசாரியர் ஸ்ரீவசன பூஷணம் என்ற நூலில் எழுதி அறுநூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகியும் கோயில் கதவுகள் திறக்கவில்லை. 1939 ஜூலை 8 அன்று மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் ஒடுக்கப்பட்ட மக்களை அழைத்துச் சென்றபோது, உள்ளே சென்றவர்கள் மீதும் அனுமதித்தவர்கள் மீதும் வழக்குப் பாயாமல் காக்கச் சட்டம் கொண்டுவந்தது சென்னை மாகாணத்தின் இராஜாஜி அமைச்சரவை. அவர் சேலத்தில் வழக்கறிஞராக இருந்து நகராட்சித் தலைவராகவும் ஆனவர். மாகாணம் முழுவதற்குமான உரிமை 1947 சட்டத்தால் வந்தது. ஆகவே கொள்கை முந்தியா, நடைமுறை முந்தியா என்ற உங்கள் கேள்விக்கு இந்த விஷயத்தில் விடை, கொள்கை முந்தி என்பதுதான். ஆனால் முந்தி இருந்து அது சாதித்தது மிகக் குறைவு. இந்த மாவட்டத்திலேயே கோயில் நுழைவைத் தடுத்து நடந்த மோதல்களை அண்மை ஆண்டுகளில் செய்தித்தாளில் படித்தவர்களுக்கு, சட்டம் சாதித்ததும் முழுமையல்ல என்பது தெரியும்.

அர்ச்சகர் விஷயத்தில் அஸ்தம்பட்டி வாசகர் எழுதிய நொபிலி வாதமே திரும்பி வருகிறது. பரம்பரை அர்ச்சகர் உரிமையைத் தமிழக அரசு 1970-ல் ஒழித்ததை எதிர்த்த சேஷம்மாள் வழக்கில், 1972-ல் உச்ச நீதிமன்றம், அர்ச்சகரை நியமிப்பது உலகியல் செயல், ஆகவே அதில் அரசு தலையிடலாம் என்றது. நியமிக்கப்படுபவர் ஆகமத்துக்கு உட்பட்ட தகுதி உடையவராக இருக்க வேண்டும் என்றும் சேர்த்துக்கொண்டது. உலகியல் என்ற சொல்லை வைத்து நொபிலி சாதியைச் சபைக்குள் விட்டார். அதே சொல்லை வைத்து நீதிமன்றம் பரம்பரையை வெளியே அனுப்பியது. ஆனால் தீர்ப்பின் இரண்டாம் பாதி அடுத்த ஐம்பது ஆண்டு வழக்குகளுக்கு வாசலைத் திறந்து வைத்தது. எல்லாச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்ற 2006 அரசாணை அந்த வாசலில்தான் முட்டி நின்றது, பயிற்சி முடித்தவர்கள் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தார்கள், 2021 ஆகஸ்டில்தான் பல சாதிகளைச் சேர்ந்தவர்கள் கணிசமாக நியமனம் பெற்றார்கள்.

உங்கள் மாமனார் சொன்ன பதிலை நான் தள்ளிவிட மாட்டேன். தெய்வம் மாறவில்லை, நம் குறைதான் மாறியது என்பது நல்ல சைவரும் வைணவரும் கத்தோலிக்கரும் சொல்லக்கூடிய பதில்தான். அதை ஏற்றுக்கொண்டால் குறை மாறும்போது முறையும் மாறலாம் என்பதையும் அவர் ஏற்க வேண்டிவரும், அதை அவரிடமே கேளுங்கள். பெண்களைப் பற்றியும் கேளுங்கள். தென்னிந்தியத் திருச்சபை 1970-களிலேயே பெண்களுக்குக் குருப்பட்டம் கொடுக்கத் தொடங்கி 2013-ல் ஒரு பெண்ணைப் பேராயராகவும் ஆக்கிவிட்டது. தமிழக அரசின் அர்ச்சகர் பயிற்சியை 2023-ல் மூன்று பெண்கள் முடித்தார்கள். அவர்கள் கருவறைக்குள் நின்று பூசை செய்வது உலகியலா, சமயமா என்ற வாதம் நீதிமன்றத்துக்கு வந்தால், சேஷம்மாள் தீர்ப்பின் எந்தப் பாதியைப் பிடித்துக்கொண்டு யார் வருவார்கள் என்பதை இப்போதே சொல்லிவிடலாம்.