உப்பளத்தில் அண்ணாச்சியோடு 12 நாட்கள்

ஆவணப்பட ஒளிப்பதிவாளர்களோடு பழகியவர்கள் அந்த அனுபவத்தை எழுதலாம் என்று அழைப்பு வந்ததும் எனக்கு ஒளிப்பதிவாளர் அண்ணாச்சியின் நினைவுதான் வந்தது. தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றிய ஒரு படத்துக்கு ஒலிப்பதிவு உதவியாளனாக 12 நாட்கள் அவருடன் இருந்தேன்.

முதல் 3 நாட்களும் அவர் கேமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. விடியும் முன்பே வேலை தொடங்கிவிடும். வரப்பில் உட்கார்ந்து, யார் எந்தப் பாத்தியில் உப்பு வாருகிறார்கள், வெயில் எந்நேரம் எங்கே விழுகிறது என்று பார்த்துக்கொண்டே இருந்தார். இயக்குநர் தவித்துப்போனார், கேமரா வாடகை நாள்கணக்கில் ஏறிக்கொண்டிருந்தது.

உப்பளத்தில் எங்கு திரும்பினாலும் வெள்ளை. கேமராவைத் தானியங்கியில் விட்டால், வெளிச்சம் மிகுதி என்று கணக்கிட்டு, ஒளி நுழையும் லென்ஸ் துவாரத்தைச் சுருக்கிவிடும். உப்புக் குவியல் பளிச்சென்று அழகாக விழும். அதைச் சுமக்கும் பெண்ணின் முகம் கரிக்கட்டையாகிவிடும். நான் பார்த்த உப்பளக் காட்சிகளில் பல அப்படித்தான் இருந்தன. நினைத்தால் இன்றும் ஆத்திரம் வருகிறது. அண்ணாச்சி முகத்துக்கு ஏற்றபடி வெளிச்ச அளவை வைத்தார். "உப்பு வெளுத்துப்போனால் போகட்டும்" என்றார். பாத்தி நீரில் பட்டுத் தெறிக்கும் காலை வெயில் முகத்தில் கீழிருந்து விழும்படியான இடத்தில் போய் நின்றார். 3 நாட்கள் தேடியது அந்த இடத்தைத்தான்.

மாலையில் ட்ரைபாட் கால்களை நல்ல தண்ணீரில் கழுவி, எடுத்ததை 2 ஹார்ட் டிஸ்க்குகளில் ஏற்றிய பிறகே சாப்பாடு. இந்த வேலையில் வருமானம் சொற்பம். முகூர்த்த மாதங்களில் கல்யாணம் படம்பிடித்துத்தான் குடும்பத்தை நடத்துகிறார். மதுரையில் 1998இல் தொடங்கிய ஆவணப்பட, குறும்பட விழாவில் பார்த்த படங்களே தன்னை இந்தப் பக்கம் இழுத்தன என்று ஒருநாள் சொன்னார்.

கடைசி நாள் இரவு, வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, எடுத்ததில் கொஞ்சத்தை ஊராருக்குத் திரையிட்டோம். தங்களைப் பார்த்ததும் பெண்கள் சிரித்தார்கள், ஒருவரையொருவர் இடித்துக்கொண்டார்கள். 30 வருடங்களாக உப்பு சுமக்கும் ஓர் அம்மாவின் முகம் திரை முழுக்க வந்தது. அவர் மட்டும் சிரிக்கவில்லை. பக்கத்திலிருந்த மகளிடம், "என் கண் இவ்வளவு சிவந்தா இருக்கிறது?" என்று கேட்டார்.

மறுநாள் ஊருக்குக் கிளம்புவதைத் தள்ளிவைத்து, அவரைக் கண் மருத்துவரிடம் அழைத்துப்போனோம்.