அரிசிப் புட்டிங் வச்சவங்க யாராச்சும் இருக்கீங்களா?

பாளை_பேத்தி
கிறிஸ்மஸுக்கு அரிசிப் புட்டிங் வைக்கிற பாளையங்கோட்டை வீட்டுக்காரங்களுக்கு நான் விளக்க வேண்டாம். மத்தவங்களுக்கு: பால்ல அரிசியும் சீனியும் போட்டு, மேல ஆடை செவக்குற வரைக்கும் பைய வேக வைக்கிறது. எங்க ஆச்சிக்கு ஈயம் பூசுன செம்புச் சட்டி. மூடிக்கு விளிம்பு உண்டு, அதுமேல சிரட்டைக் கங்கு. 1980, எனக்கு எட்டு வயசு. வெந்துட்டான்னு பாக்க இடுக்கியால மூடியத் தூக்குனாங்க. ஒரு கங்கு உருண்டு, செவந்து கிடந்த ஆடைக்கு நட்டநடுவுல சுர்ருனு விழுந்துட்டு. அடுப்பங்கரையில நாங்க ரெண்டு பேருந்தான். ஆச்சி விரலாலயே கங்க எடுத்துப் போட்டாங்க. கறுத்த இடத்தைச் சுரண்டித் தன் வாயில போட்டுக்கிட்டாங்க. குழியில ஜாதிக்காயத் துருவிக் கொட்டிட்டு என்னையப் பாத்து, "ஏட்டி, மூச்சு விடக்கூடாது." அந்தத் துண்டு தாத்தா தட்டுக்குப் போச்சு. "இந்த வருசம் மணம் தூக்குதே"ன்னாரு.

போன கிறிஸ்மஸுக்கு ஓடிஜியில, அதான் கரண்டு அடுப்புல, நானே வச்சேன். பொன்னிப் பச்சரிசி, பாக்கெட் பால். அரிசி ஒரு பக்கம், பால் ஒரு பக்கமா நின்னுது. அம்மா ரெண்டு கரண்டி சாப்பிட்டுட்டு "நல்லாத்தான் இருக்கு"ன்னாங்க. அந்த "தான்" இன்னும் உறுத்துது.

அம்பை_அண்ணாச்சி
பொன்னியப் போட்டா எங்கன சேரும் தாயி? அது மெல்லிசு, உதிரியா நிக்கிறதுக்குன்னே உள்ள அரிசி. ஆச்சி அம்பை 16 பச்சரிசிதான் போட்டிருப்பாங்க. குண்டு அரிசி, பைய வேகும், மாவு இறங்கி பாலத் தானா கெட்டியாக்கும்.

எங்க வீட்டுல ஒரே ஒரு தடவ வச்சோம், அடி பிடிச்சிட்டு. அத விடுங்க. அளவு சொல்லுதேன், குறிச்சுக்கிடுங்க. 1 லிட்டர் பாலுக்கு 100 கிராம் அரிசி, அதுக்கு மேல ஒரு பிடி கூடக் கூடாது. பாத்தா தண்ணியாத்தான் தெரியும், பயந்து அரிசியக் கூட்டுனா ஆறுனதும் கத்தி வச்சு வெட்டணும். சோறா வடிச்ச அரிசி வேண்டவே வேண்டாம், அது பாலக் குடிக்காது. சீனி 60 கிராம். கருப்பட்டி மணமா இருக்குமேன்னு சூடான பால்ல போட்டுராதீங்க, திரிஞ்சாலும் திரியும். பாலச் சுட வச்சு ஊத்துங்க. ஓடிஜி 150 டிகிரி, ரெண்டு மணி நேரம். மொத ஒரு மணி நேரத்துல ரெண்டு மூணு தடவ கிண்டி விடணும், இல்லன்னா அரிசி அடியில உக்காந்துரும். அப்புறம் திறக்கவே கூடாது, அப்பந்தான் ஆடை கட்டும். பால் கறந்த பாலா இருக்கணும். பாக்கெட் பால்ல கொழுப்ப உடைச்சுக் கலந்திருந்தா மேல ஏறி வராது. அகலமான ஏனமா எடுங்க. ஆழமான சட்டியில ஆடை கொஞ்சமாத்தான் கிடைக்கும், வீட்டுல சண்டதான் மிஞ்சும்.

ரொட்டிக்கடை_சந்து
ஆடைச் சண்டைன்னதும் ஞாபகம் வந்துட்டு. பேக்கரியில ராத்திரி ரொட்டி போட்டு முடிஞ்சதும், அடுப்புச் சூடு ஆறுததுக்குள்ள, எங்க அப்பா புட்டிங் தட்டத் தூக்கிட்டுப் போய் அங்க வச்சிட்டு வருவாங்க. கடை பேரு வேண்டாம். ஒரு தடவ விடியக்காலம் போனா தட்டு இருக்கு, புட்டிங் இருக்கு, ஆடை மட்டும் ஓரஞ்சாரமா உரிச்சு எடுத்திருக்கு! மொட்டத்தலை மாதிரி வெள்ளையா இருந்துது. அடுப்புக்காரரு மீசை ஓரத்துல செவப்பாத் துணுக்கு. அப்பா பாத்தாங்க, அவரும் பாத்தாரு. அப்பா ஒண்ணும் கேக்காம காசக் குடுத்திட்டு வந்துட்டாங்க. ஏன் கேக்கலன்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் புரியல.

மேலப்பாளையம்_பிள்ள
அண்ணாச்சி, ஒரு திருத்தம். அந்தக்கா சொல்லுதது 1980. அம்பாசமுத்திரம் நெல் ஆராய்ச்சி நிலையம் 1937லயே உண்டு, ஆனா அம்பை 16 வெளிவந்தது 1986ல. ஆச்சி அத எங்கன போய் வாங்குவாங்க? குண்டு அரிசின்னு சொல்லுங்க, போதும்.

எங்க உம்மா கீழக்கரை. தம்மடைக்கு இதே மாதிரி மேலயும் கீழயும் தணல்தான், உள்ள ரவை, முட்டை, தேங்காய்ப்பால். கீழ கங்கு கம்மியா, மேல கூடுதலா இருக்கணும்பாங்க. மூடியத் தூக்கும்போது நேரா மேல தூக்கக் கூடாது, பக்கவாட்டுல நகத்தித்தான் எடுக்கணும். ஆச்சி அன்னைக்கு அவசரப்பட்டிருப்பாங்க.

சும்மா_வந்தேன்
பால் பாயாசத்த அடுப்புல மறந்து வச்சா இதானே? இதுக்கு இம்புட்டுப் பேச்சா?

அம்பை_அண்ணாச்சி
தம்பி, பாயாசத்தக் கிண்டிக்கிட்டே இருக்கணும். இத மொத ஒரு மணி நேரத்துக்கு அப்புறம் கிண்டாம விடணும். ரெண்டும் ஒண்ணுன்னா இட்லியும் தோசையும் ஒண்ணுதான். 1986ன்னு சொன்னவருக்கு: சரிவே, ஒத்துக்கிடுதேன். ஆனா பொன்னி தப்புதான்.

பாளை_பேத்தி
ஆச்சிய அவசரக்காரின்னு சொல்லாதீங்க. கோயில்ல மணி அடிச்சிட்டு, பிள்ளைங்க அஞ்சு பேரையும் கிளப்பணும், அந்த நேரம்.

அகல ஏனம்னு அண்ணாச்சி சொன்னதும் அந்தச் சட்டியத் தேடுனேன். சட்டி எப்பவோ பழைய சாமான்காரனுக்குப் போயிட்டாம். மூடி மட்டும் தூத்துக்குடியில சித்தி வீட்டு மொட்ட மாடியில கிடக்கு. விளிம்பு இருக்குல்லா, அதுல காக்காவுக்குத் தண்ணி வைக்காங்க.