இந்தச் சுவரும் இல்லை, அந்தச் சுவரும் இல்லை: 'யொன்' என்னும் ஆங்கிலச் சொல்லைத் தமிழில் எப்படிச் சொல்வது?

கேள்வி: மலைப்பாதை

வணக்கம். வட இங்கிலாந்தின் மேய்ச்சல் நிலங்களில் நடந்து திரிந்த ஒருவர் எழுதிய குறிப்புகளைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். அந்த நிலப்பகுதியில் சாந்து பூசாமல் கல்லின்மேல் கல்லை அடுக்கிக் கட்டிய சுவர்கள் சரிவு நெடுகிலும் ஒன்றன்பின் ஒன்றாக ஓடும். வழி தவறிய நடைப்பயணி ஒரு முதிய மேய்ப்பரிடம் வழி கேட்கிறார். அவர் கைத்தடியை நீட்டி, எந்தச் சுவரை ஒட்டித் திரும்ப வேண்டும் என்று ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறார். அருகிலிருக்கும் சுவருக்கு 'திஸ்', அதற்கு அடுத்ததற்குத் 'தட்', திரும்ப வேண்டிய மூன்றாவது சுவருக்கு 'யொன்'. அவ்வளவுதான் அவருடைய பேச்சு.

நான் "இந்தச் சுவர் இல்லை, அந்தச் சுவரும் இல்லை" என்று எழுதிவிட்டு, மூன்றாவது சுவருக்குச் சொல் கிடைக்காமல் இரண்டு நாட்களாக நின்றுகொண்டிருக்கிறேன். மீண்டும் 'அந்த' என்று எழுதினால் வாக்கியம் தன்னையே மறுக்கிறது. 'தொலைவிலுள்ள' என்று எழுதினாலோ மேய்ப்பர் நில அளவையாளரைப் போலப் பேசுகிறார். அகராதிகள் இந்தச் சொல்லுக்கும் இதன் உறவான 'யொண்டர்' என்பதற்கும் 'அங்குள்ள', 'தொலைவான' என்று பொருள் தந்து, வழக்கொழிந்தது என்றும் வட்டார வழக்கு என்றும் குறித்துவிட்டு நகர்ந்துவிடுகின்றன. இச்சொல் குறிக்கும் தொலைவு எத்தகையது? இன்று இதை யார் வழங்குகிறார்கள்? தமிழில் இதற்கு நேரான சொல் உண்டா?

(உச்சரிப்புப்படி எழுதினால் இச்சொல் 'யான்' ஆகி, தன்மைப் பெயரோடு குழம்பிவிடும். எனவே 'யொன்' என்று எழுதியிருக்கிறேன், பொறுத்துக்கொள்க.)

மறுமொழி: பழஞ்சொல்

நண்பரே, தமிழிலும் முன்பு மூன்று சுட்டுகள் இருந்தன என்பதை நினைவுபடுத்துகிறேன். "அ இ உ அம்மூன்றும் சுட்டு" என்பது தொல்காப்பியம். இது, உது, அது. இவன், உவன், அவன். ஈங்கு, ஊங்கு, ஆங்கு என்று வரிசை முழுமையாகவே இருந்தது. பெரும்பாலோர் பேச்சிலிருந்து நடுவில் நின்ற உகரச் சுட்டு உதிர்ந்துபோனதால்தான் உங்கள் மேய்ப்பரின் மூன்றாவது சுவருக்குச் சொல் இல்லாமல் போயிற்று.

கண்ணுக்கு எட்டும் தொலைவைக் காட்டுவதில் இந்த உகரம் எவ்வளவு வல்லது என்பதற்குத் திருக்குறளின் 1185ஆம் பாடல் போதும்: "உவக்காண்எம் காதலர் செல்வார் இவக்காண்என் மேனி பசப்பூர் வது." பிரிந்து போகும் காதலர் இன்னும் பார்வையை விட்டு மறையவில்லை, அவர் முதுகு தெரிந்துகொண்டிருக்கும்போதே இங்கே உடலில் பசலை ஏறிவிட்டது. அந்த 'உவக்காண்' என்பதை ஆங்கிலத்தில் சொல்ல வேண்டுமானால் 'யொண்டர்' என்பதைத்தான் நான் எடுப்பேன். ஆகவே தயங்காமல் 'உந்தச் சுவர்' என்று எழுதுங்கள். வாசகர் ஒரு நொடி திகைப்பார், பிறகு பழகிவிடுவார். ஆங்கில வாசகருக்கும் அந்தச் சொல் அப்படித்தானே இருக்கிறது?

மறுமொழி: திணைநிலை

பழஞ்சொல் ஐயா காட்டிய குறளை எத்தனை முறை படித்தாலும் அலுக்காது. ஆனால் அவருடைய பரிந்துரையை ஏற்க எனக்குத் தடை இருக்கிறது. இரண்டு மொழிகளிலும் மூன்று சுட்டுகள் இருப்பதாலேயே மூன்றும் மூன்றோடு பொருந்திவிடும் என்று கொள்ள முடியாது. எந்த இருக்கை காலியாக இருக்கிறது என்பதைப் பார்க்க வேண்டும்.

தமிழில் உகரம் நடு இருக்கையில் அமர்ந்திருந்தது. 'இது' அண்மை, 'அது' சேய்மை, 'உது' இரண்டுக்கும் இடைப்பட்டது. யாழ்ப்பாணத் தமிழில் இன்றும் உயிரோடு இருக்கும் 'உது', 'உந்த', 'உங்கை' ஆகியவற்றைக் கேட்டவர்களுக்கு இது தெரியும். கேட்பவரின் பக்கத்தில் இருப்பதையே அவை பெரும்பாலும் சுட்டும். உங்கள் கையிலுள்ள புத்தகத்தைப் பார்த்து "உது என்ன?" என்பார்கள். அந்த வழக்கில் பழகிய வாசகர் 'உந்தச் சுவர்' என்று படித்தால், நடைப்பயணி சாய்ந்து நிற்கும் சுவரையே மேய்ப்பர் காட்டுகிறார் என்று எடுத்துக்கொள்வார். மூன்றாவது சுவர் முதல் சுவராக மாறிவிடும். நடைப்பயணி மீண்டும் வழி தவறுவார்.

ஆங்கிலத்தின் 'யொன்' நடுவில் நிற்பதன்று; கடைசியில் நிற்பது. ஆகவே வரிசையை வரிசையோடு வைத்துப் பார்த்தால் 'திஸ்' இது, 'தட்' உது, 'யொன்' அது என்றுதான் அமையும். உதிர்ந்த இடம் இரு மொழிகளிலும் வேறு வேறு. பொது ஆங்கிலம் கடைக்கோடியை இழந்து, அதன் வேலையையும் 'தட்' என்பதிடமே ஒப்படைத்துவிட்டது. தமிழோ நடுவை இழந்தது. ஸ்பானிய மொழியின் 'அகெல்', ஜப்பானிய மொழியின் 'அனோ' ஆகியவை 'யொன்' இருக்கும் அதே கடைசி இருக்கையில் இருப்பவை. அம்மொழிகளில் அவை இன்றும் அன்றாடச் சொற்கள்.

இனி, எவ்வளவு தொலைவு என்ற கேள்விக்கு வருகிறேன். இச்சொல்லை அடிக்கணக்கில் அளக்க முயல்வது வீண் என்பது என் கருத்து. ஷேக்ஸ்பியரின் 'ஜூலியஸ் சீசர்' நாடகத்தில் சீசர், சற்றுத் தள்ளி நிற்கும் காசியஸை ஆண்டனிக்குக் காட்டி 'யொண்ட் காசியஸ்' என்கிறார். 'யொண்ட்' என்பது இதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னொரு வடிவம். காசியஸ் அதே மேடையில்தான் நிற்கிறார். சில எட்டுகள் எடுத்து வைத்தால் தொட்டுவிடலாம். பார்வைக்கு உள்ளேயும் பேச்சுக்கு வெளியேயும் இருக்கிறார் என்பதே அங்கு முக்கியம். வேர்ட்ஸ்வொர்த் 1807இல் வெளியிட்ட ஒரு கவிதையில், வயலில் தன்னந்தனியே கதிரறுக்கும் மலைநாட்டுப் பெண்ணை 'யொன்' என்று சுட்டுகிறார். அவளைப் பார்க்க முடிகிறது, அவள் பாடுவதும் பள்ளத்தாக்கு நிரம்பக் கேட்கிறது, ஆனால் அவள் எதைப் பற்றிப் பாடுகிறாள் என்று யாராவது சொல்ல மாட்டார்களா என்று கவிஞர் ஏங்குகிறார். குரல் எட்டுகிறது, பொருள் எட்டவில்லை. 'யொன்' என்பதன் தொலைவை இதைவிடத் துல்லியமாகக் காட்டும் இடத்தை நான் கண்டதில்லை.

ஆகவே இச்சொல்லில் இரண்டு செய்திகள் ஒட்டியிருக்கின்றன: அது அப்பால் இருக்கிறது, ஆனாலும் சுட்டிக் காட்டினால் தெரியும். 'தொலைவிலுள்ள' என்பதில் முதல் செய்தி மட்டும் இருக்கிறது. இரண்டையும் ஒருங்கே சொல்லும் தமிழ்ச் சொல் நம் வாயிலேயே இருக்கிறது: 'அதோ'. கண்ணுக்குத் தெரியாத ஒன்றை யாரும் 'அதோ' என்பதில்லை. அதைச் சொல்லும்போது கை தானாக நீள்கிறது, சில வேளைகளில் முகவாயும் உயர்கிறது. "இந்தச் சுவர் இல்லை, அந்தச் சுவரும் இல்லை, அதோ தெரிகிறதே, அது" என்று எழுதிப் பாருங்கள்.

மலைப்பாதை

திணைநிலை அவர்களுக்கு மிக்க நன்றி. 'அதோ தெரிகிறதே' என்று படித்தவுடன் கைத்தடி நீள்வதை நானே பார்த்துவிட்டேன். ஆனால் ஒரு சிக்கல் மீதமிருக்கிறது. சில பக்கங்கள் தள்ளி அதே மேய்ப்பர், பல ஆண்டுகளுக்கு முன் பெய்த ஒரு பெரும்பனியை நினைவுகூரும்போது அந்தக் குளிர்காலத்தையும் 'யொன்' என்றே சொல்கிறார். கடந்த காலம் எப்படிக் கண்ணுக்குத் தெரியும்?

மறுமொழி: ஏட்டோரம்

அதற்கு விடை வட்டார வழக்கில் இருக்கிறது. ஸ்காட்லாந்திலும் வட இங்கிலாந்திலும் 'யொன்' ஏட்டுச் சொல் அன்று. இன்றும் பேச்சில் வழங்குவது. அங்கே அது எதிரில் இல்லாத, ஆனால் பேசுபவரும் கேட்பவரும் அறிந்திருக்கிற ஒன்றையும் குறிக்கும். நாம் "அந்த மனுஷன் அப்புறம் வரவே இல்லையே" என்று பேச்சைத் தொடங்கினால், எந்த மனிதர் என்பது இருவருக்கும் தெரிந்திருக்கும் அல்லவா? அதே வேலைதான். கண்ணுக்குப் பதிலாக நினைவு பார்க்கிறது. எனவே அந்த இடத்தில் 'அதோ' பொருந்தாது. "அந்தக் குளிர்காலம் நினைவிருக்கிறதா" என்று வெறும் 'அந்த'வே போதும். ஒரே ஆங்கிலச் சொல்லுக்கு நூல் முழுவதும் ஒரே தமிழ்ச் சொல்லைத்தான் வைக்க வேண்டும் என்ற வைராக்கியம் இங்கே உதவாது.

இலக்கண நடத்தையையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் இச்சொல்லை அலங்காரமாகப் பயன்படுத்துவோர் இங்கேதான் சறுக்குகிறார்கள். 'திஸ்', 'தட்' ஆகியவற்றைப் போலவே 'யொன்' என்பதும் சுட்டுப் பெயரடை என்பதால் அதற்கு முன் 'த' என்னும் சார்படை (குறிப்பிட்ட ஒன்றைக் காட்ட ஆங்கிலப் பெயர்ச்சொல்லுக்கு முன் வைக்கும் சிறுசொல்) வராது. 'யொன் ஹில்' என்பதே முறை. அவ்விரண்டுக்கும் பன்மை வடிவம் தனியாக உண்டு, இதற்கு இல்லை. குன்று ஒன்றானாலும் பலவானாலும் 'யொன்' அப்படியே நிற்கும். 'யொண்டர்' என்பது பெயரடையாகவும் வரும், 'அங்கே' என்று வினையடையாகவும் வரும். 1611இல் வெளிவந்த ஆங்கில விவிலியத்தில் ஆபிரகாம் தம் வேலைக்காரர்களை நிறுத்திவிட்டு, தாமும் பிள்ளையும் 'யொண்டர்' சென்று தொழுது வருவதாகச் சொல்லும் இடம் வினையடைக்கு நல்ல எடுத்துக்காட்டு. அதற்கு முந்தைய வசனத்திலேயே அவர் அந்த இடத்தைத் தொலைவிலிருந்து கண்டுவிடுகிறார் என்பதையும் கவனியுங்கள். 'யொண்டர்' என்பதற்கு முன் 'த' வந்தால் பொருள் சற்று நகர்ந்து, இரண்டு பக்கங்களில் எதிர்ப்பக்கம் என்றாகும். ஆற்றின் அக்கரையைக் குறிக்க அப்படி எழுதியிருக்கிறார்கள். இக்கரை, அக்கரை என்று நாம் சுட்டெழுத்திலேயே முடித்துவிடுவதை அவர்கள் இவ்வளவு சுற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது!

அமெரிக்கத் தென்பகுதியிலும் அப்பலாச்சிய மலைப்பகுதியிலும் 'ஓவர் யொண்டர்' என்பது இயல்பான பேச்சு. அமெரிக்க விமானப்படையின் பாடலில் வானத்தைக் குறிக்கும் தொடரில் இச்சொல் பெயர்ச்சொல்லாகவே ஆகிவிட்டது. அந்தப் பாடல் 1939ஆம் ஆண்டைச் சேர்ந்தது. மற்ற இடங்களில் இன்று இதை எழுதுபவர்கள் பழமை மணம் வேண்டியோ கேலியாகவோ எழுதுகிறார்கள். உங்கள் மேய்ப்பர் அந்த இரு வகையிலும் சேராதவர். அவருக்கு இது வீட்டுச் சொல். ஆகவே மொழிபெயர்ப்பில் 'ஆண்டு', 'ஆங்கண்' போன்ற செய்யுட் சொற்களை வைத்து அவரைப் புலவராக்கிவிட வேண்டாம்.

மறுமொழி: பழஞ்சொல்

உகரத்தின் இருக்கை பற்றித் திணைநிலை சொன்னது சரி. என் பரிந்துரையைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். ஆனால் உகரத்தை முழுவதுமாக விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை, ஆகவே இன்னொன்று. 'அப்பால்' என்று பொருள்படும் 'பியொண்ட்' என்னும் அன்றாட ஆங்கிலச் சொல்லுக்குள் இதே 'யொன்' குடும்பம்தான் ஒளிந்திருக்கிறது. வழக்கொழிந்தது என்று அகராதி சொல்லும் சொல்லை, ஆங்கிலம் பேசுவோர் எல்லோரும் தம்மை அறியாமலேயே நாள்தோறும் உச்சரிக்கிறார்கள். தமிழிலும் 'அப்பால்' என்பது சுட்டின்மேல் கட்டியதே: அ, பால், அந்தப் பக்கம். குறளில் வரும் "அறத்தினூஉங்கு ஆக்கமும் இல்லை" என்னும் தொடரைப் பாருங்கள். அங்கே 'ஊங்கு' என்பதற்கு 'மேற்பட்ட', 'அதைக் கடந்த' என்று பொருள். இடத்தைச் சுட்டிய சொல் அளவைச் சுட்டப் போய்விட்டது; ஆங்கிலத்தில் 'பியொண்ட்' சென்ற வழியும் இதுவே.

மறுமொழி: திணைநிலை

'ஊங்கு' எனக்குத் தோன்றவில்லை, அருமை. அதையொட்டி ஒரு சிறு எச்சரிக்கை மட்டும். 'அல்டீரியர்' என்னும் பெயரடையும் அப்பால் என்றே பொருள்படுவது என்பதால், சில சொற்பட்டியல்கள் அதை 'யொண்டர்' என்பதோடு சேர்த்துவிடுகின்றன. அது இலத்தீனிலிருந்து வந்தது. ரோமானியர்கள் ஸ்பெயினை இரு மாகாணங்களாகப் பிரித்தபோது தமக்கு அருகிலிருந்ததைச் 'சிட்டீரியர்' என்றும், தள்ளியிருந்ததை 'அல்டீரியர்' என்றும் அழைத்தார்கள். அங்கே எல்லைக்கோடு இருக்கிறது, சுட்டும் விரல் இல்லை. இன்று அச்சொல் பெரும்பாலும் வெளியில் காட்டாத நோக்கத்தைக் குறிக்கவே வருகிறது. அவர்கள் 'அப்பாலுள்ள' நோக்கம் என்று சொல்வதை நாம் 'உள்நோக்கம்' என்கிறோம். மறைவிடம் அவர்களுக்கு எல்லைக்கு வெளியே, நமக்கு நெஞ்சுக்கு உள்ளே. எப்படியாயினும் அது காணாத தொலைவு. மேய்ப்பரின் சுவரோ கண்முன் நிற்கிறது.

மலைப்பாதை

அனைவருக்கும் நன்றி. வரியை இவ்வாறு மாற்றி எழுதியிருக்கிறேன்: "இந்தச் சுவரு இல்ல, அந்தச் சுவரும் இல்ல. அதோ தெரியுது பாருங்க, அது." பேச்சு நடைக்கு இறக்கியது என் முடிவு, முதியவர் திருத்தமான தமிழில் வழி சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். பனி பெய்த பத்தியில் 'அந்த'வையே வைத்துக்கொண்டேன். ஆனால் மேய்ப்பர் அந்த மூன்றாவது சுவரின் ஓரத்தில் ஒரு வாயிற்கதவு இருப்பதாகவும் சொல்கிறார். மூடுபனியில் நடைப்பயணிக்கு அது தெரியவில்லை. அதற்கும் அவர் 'யொன்' என்றே சொல்கிறார். பேசுபவருக்குத் தெரிந்து, கேட்பவருக்குத் தெரியாதபோது 'அதோ' நிற்குமா?

மறுமொழி: ஏட்டோரம்

நிற்கும். "அதோ" என்று ஒருவர் சொல்ல, "எங்கே? தெரியவில்லையே" என்று மற்றவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு கேட்பதுதானே வழக்கம்.