டாக்குஃபிக்ஷனுக்குத் தமிழில் ஒரு சொல்

அனைவருக்கும் வணக்கம்.

பீட்டர் வாட்கின்ஸ் என்ற பிரிட்டிஷ் இயக்குநரைப் பற்றி ஒரு நீண்ட கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். மூன்றாவது பத்தியிலேயே ஒரு சொல் கிடைக்காமல் வண்டி நின்றுவிட்டது. நடந்ததையும் கற்பனையையும் ஒன்றாகப் பின்னி, ஆவணப்படத்தின் தோரணையில் எடுக்கும் படத்தை ஆங்கிலத்தில் டாக்குஃபிக்ஷன் என்கிறார்கள். நம்மிடம் ஆவணப்படம் இருக்கிறது, கதைப்படம் இருக்கிறது. இரண்டுக்கும் நடுவில் நிற்பதற்குப் பெயர் இல்லை. முதல் வரைவில் 'அரை ஆவணப்படம்' என்று எழுதினேன். படித்துப் பார்த்த தோழி, "அரைவேக்காடு மாதிரி இருக்கிறதே" என்றாள். சரிதான்.

எனக்குத் தோன்றியவை: ஆவணப்புனைவு, புனைவாவணம், கலப்பு ஆவணப்படம். எதை எடுப்பது? ஒலிபெயர்த்துவிட்டுப் போகலாம்தான். ஆனால் கட்டுரை முழுக்க இந்தச் சொல் வந்துகொண்டே இருக்கும். ஒவ்வொரு முறையும் டாக்குஃபிக்ஷன் என்று தட்ட விரல் வரவில்லை.

*

அம்மா, வணக்கம்.

'கலப்பு' வேண்டாம். கலப்பு என்றதும் அளவு கேட்பார்கள்: உண்மை எத்தனை பங்கு, கற்பனை எத்தனை பங்கு? பாலில் தண்ணீர் கலந்தவர்மேல் வரும் சந்தேகம் அந்தச் சொல்லிலேயே ஒட்டிக்கொண்டிருக்கிறது.

மற்ற இரண்டைப் பார்ப்போம். ஆங்கிலக்காரர்கள் ஒரு சொல்லின் தலையையும் இன்னொரு சொல்லையும் ஒட்டவைத்துவிட்டு, எது முதன்மை என்று சொல்லாமல் நழுவிவிட்டார்கள். தமிழில் அப்படி நழுவ முடியாது. மரப்பெட்டி என்றால் பெட்டி. பெட்டிமரம் என்றால் மரம். பின்னால் நிற்பதுதான் பொருள், முன்னால் நிற்பது அதற்கு அடை. அந்தக் கணக்கில் ஆவணப்புனைவு ஒரு வகைப் புனைவு, புனைவாவணம் ஒரு வகை ஆவணம். சொல்லைத் தேர்ந்தெடுக்கும்போதே நீங்கள் தீர்ப்பும் எழுதியாக வேண்டும்.

இந்தச் சிக்கல் நமக்குப் புதிதல்ல என்பதால் ஒரு இடைச்செருகல். தொல்காப்பிய அகத்திணையியலில் "நாடக வழக்கினும் உலகியல் வழக்கினும் பாடல் சான்ற புலனெறி வழக்கம்" என்று ஒரு நூற்பா வருகிறது. புனைந்து காட்டும் வழக்கு ஒன்று, உலகில் நடக்கும் வழக்கு ஒன்று. இரண்டும் சேர்ந்தால்தான் பாட்டுக்குரிய நெறி. தலைவனும் தலைவியும் பெயரில்லாத கற்பனை மாந்தர்கள். ஆனால் மலையும் கடலும் தினைப்புனமும் பரத்தையும் உலகத்தில் உள்ளவை. இரண்டு வழக்கும் சேர்ந்த ஒன்றுக்குத் தனிப்பெயரே வைத்திருக்கிறார்கள் பாருங்கள்! ஒரு நிமிடம் 'புலனெறிப் படம்' என்று சொல்லிப் பார்த்தேன். ஆசையாகத்தான் இருக்கிறது. ஆனால் ஒவ்வொரு முறையும் அடிக்குறிப்பு போட்டு விளக்க வேண்டிய சொல் கலைச்சொல் ஆகாது. விட்டுவிட்டேன்.

நீங்கள் எழுதும் இயக்குநரின் படங்களைச் சொல்லுங்கள். படத்தைப் பார்க்காமல் பெயர் வைப்பது குழந்தையைப் பார்க்காமல் 'அப்பா ஜாடை' என்று சொல்வது போல.

*

ஐயா, விரிவான பதிலுக்கு நன்றி. தீர்ப்பு என்று நீங்கள் சொன்னதும் சிரிப்பு வந்தது. இவர் விஷயத்தில் ஏற்கெனவே இரண்டு தீர்ப்புகள் வந்திருக்கின்றன, ஒன்றுக்கொன்று எதிராக.

முதலிலிருந்தே சொல்கிறேன். வாட்கின்ஸ் 1935இல் பிறந்தவர். அமெச்சூராகத் தொடங்கினார். சோவியத் ஆதிக்கத்துக்கு எதிரான 1956 ஹங்கேரி எழுச்சியை 1961இல் இங்கிலாந்தின் கேன்டர்பரி நகரத்துத் தெருக்களில் நடிக்கவைத்துப் படமெடுத்தார். கேமரா ஓடுகிறது, தடுமாறுகிறது, சிலசமயம் தாமதமாக வந்து சேருகிறது. அடுத்து என்ன நடக்கும் என்று கேமராவுக்கே தெரியாதது போலப் படம்பிடிப்பதுதான் அவர் கண்டுபிடித்த வித்தை. செய்திப்படம் பார்த்துப் பழகிய கண் உடனே நம்பிவிடும்.

அப்புறம் பிபிசியில் சேர்ந்தார். 1964இல் 'கல்லோடன்'. ஸ்காட்லாந்தில் 1746இல் நடந்த போர். அந்தப் போர்க்களத்துக்கு ஒரு தொலைக்காட்சிக் குழு போனால் எப்படி இருக்கும்? சிப்பாய்களிடம் பேட்டி எடுக்கிறார்கள். பசியோடு நிற்கும் ஆள் கேமராவைப் பார்த்துப் பதில் சொல்கிறான். நடித்தவர்களில் பெரும்பாலோர் தொழில்முறை நடிகர்கள் அல்ல.

அடுத்த ஆண்டு 'தி வார் கேம்'. இங்கிலாந்தின் கென்ட் பகுதியில் அணுகுண்டு விழுந்தால் என்ன ஆகும் என்று காட்டும் படம். ஒரு மணி நேரம்கூட இல்லை. நடக்காத நிகழ்ச்சிதான். ஆனால் தீப்புயல், கதிர்வீச்சு, பிணங்களை அப்புறப்படுத்துவது எல்லாமே ஹிரோஷிமா, நாகசாகி, டிரெஸ்டன், ஹாம்பர்க் ஆகிய நகரங்களில் நடந்தவற்றிலிருந்து எடுத்தவை. ஒளிபரப்புவதற்கு மிகக் கொடூரமானது என்று சொல்லி பிபிசி அதை நிறுத்திவைத்தது. வாட்கின்ஸ் பிபிசியை விட்டு வெளியேறினார். படம் திரையரங்குகளில் ஓடியது, 1967இல் ஆஸ்கர் வாங்கியது. எந்தப் பிரிவில் என்று நினைக்கிறீர்கள்? சிறந்த ஆவணப்படம்! நடக்காத போரைப் பற்றிய படத்துக்கு. பிபிசி அதை ஒளிபரப்பியது 1985 ஜூலையில்தான்.

ஆக, பிபிசிக்கு அது மக்களைக் கலங்கடிக்கும் சித்திரம், ஆஸ்கர் குழுவுக்கு ஆவணம். இப்போது என்னைத் தீர்ப்பு சொல்லச் சொல்கிறீர்கள்.

அதற்குப் பிறகு அவருக்கு எந்த நாடும் நிலைக்கவில்லை. சுவீடன், அமெரிக்கா, நார்வே, டென்மார்க், பிரான்ஸ் என்று போய்க்கொண்டே இருந்தார். 1971இல் அமெரிக்கப் பாலைவனத்தில் எடுத்தது 'பனிஷ்மென்ட் பார்க்'. அரசை எதிர்க்கும் இளைஞர்களுக்குச் சிறையா, பாலைவனத்தில் ஓட்டமா என்று தேர்வு கொடுக்கும் ஒரு கற்பனை முகாம். முகாம் பொய். ஆனால் விசாரணைக் காட்சியில் இரு பக்கமும் கத்துகிறார்களே, அந்த வசனம் பெரும்பாலும் எழுதிக்கொடுத்ததல்ல. வியட்நாம் போர்க்காலத்து அமெரிக்கர்கள் தங்கள் சொந்தக் கோபத்தைத்தான் அங்கே கொட்டுகிறார்கள்.

கடைசியாக 2000இல் வந்த 'லா கம்யூன்'. 1871இல் பாரிஸ் மக்கள் எழுந்து தாங்களே அமைத்த அரசான பாரிஸ் கம்யூனைப் பற்றியது. கைவிடப்பட்ட ஒரு தொழிற்சாலைக்குள் 13 நாளில், இருநூறுக்கும் மேற்பட்ட ஆட்களை வைத்து எடுத்த, 5 மணி 45 நிமிடம் ஓடும் படம். கம்யூனை எதிர்க்கும் பாத்திரங்களுக்கு ஆள் தேடி வலதுசாரி நாளிதழில் விளம்பரம் கொடுத்தார், அதே கருத்துடையவர்கள் வரட்டும் என்று. படத்தில் கம்யூனுக்கு ஒரு தொலைக்காட்சி, அதை எதிர்த்த வெர்சாய் அரசுக்கு ஒரு தொலைக்காட்சி. நடிப்பவர்கள் பாதியில் பாத்திரத்தை விட்டு இறங்கி, தங்கள் காலத்துப் பிரான்சைப் பற்றிப் பேசத் தொடங்கிவிடுகிறார்கள்.

எந்தப் பெட்டியில் போட்டாலும் ஒரு படத்தின் கால் வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது, ஐயா.

*

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும். 'மெய்ப்புனைவு' என்று வைத்தால் என்ன? சின்னச் சொல். ஆவணம் என்றாலே பதிவு அலுவலக வாடை அடிக்கிறது.

*

தம்பி, மெய்ப்புனைவு காதுக்கு நன்றாக இருக்கிறது. அதுதான் எனக்குப் பயம். காதுக்கு நன்றாக இருக்கும் சொல் எல்லாவற்றுக்கும் ஒத்துப்போகும். சரித்திர நாவலும் மெய்ப்புனைவு, தன்வரலாற்று நாவலும் மெய்ப்புனைவு, உண்மைச் சம்பவத்தை வைத்து எடுத்த சண்டைப்படமும் மெய்ப்புனைவு. வாட்கின்ஸ் படத்தில் தனித்து நிற்பது மெய் அல்ல, ஆவணப்படத்தின் தோரணை. கையில் ஆடும் கேமரா, பேட்டி, அறிவிப்பாளர் குரல். அந்த வாடை சொல்லில் அடித்தே ஆக வேண்டும்.

'மெய்' என்று பெயரிலேயே போட்டுக்கொண்டது எவ்வளவு மெய்யாக இருக்கும் என்பதற்கு நம்மிடமே மெய்க்கீர்த்தி இருக்கிறது, கல்வெட்டின் தொடக்கத்தில் அரசனைப் புகழும் பகுதி. முதலாம் இராசராசனின் மெய்க்கீர்த்தி "திருமகள் போலப் பெருநிலச் செல்வியும்" என்று தொடங்கும். நிலமகள் அவனுக்கே உரிமை பூண்டாளாம். அது புனைவு. அப்படியே கீழே வாருங்கள், விளக்கெரிக்க எத்தனை ஆடு, எவ்வளவு நிலம், யார் பொறுப்பு என்று வரும். அது ஆவணம். ஒரே கல்லில் இரண்டும். வரலாற்று ஆய்வாளர்கள் அதைக் கவிதை என்று ஒதுக்கவில்லை, கல்வெட்டுச் சான்றாகவே எடுத்துக்கொள்கிறார்கள். என்னைக் கேட்டால் அசல் புனைவாவணம் அதுதான்.

இப்போது அம்மாவின் பட்டியலுக்கு வருகிறேன். நேற்று இரவு அதை வைத்துக்கொண்டு ஒரு கேள்வியைப் போட்டுப் பார்த்தேன்: புனைந்தது நிகழ்ச்சியையா, நிகழ்ச்சியைக் காட்டும் விதத்தையா?

கல்லோடன் போர் நடந்தது. தொலைக்காட்சிக் குழு போகவில்லை. காட்டும் விதம் மட்டுமே புனைவு. கம்யூனும் அப்படியே. அவை இரண்டும் புனைவாவணம். கென்ட்டில் குண்டு விழவில்லை, பாலைவனத்தில் முகாம் இல்லை. நிகழ்ச்சியே புனைவு, பேச்சும் தரவும் மெய். அவை ஆவணப்புனைவு. பின்சொல்லைப் பார்த்தாலே எது நடந்தது, எது நடக்கவில்லை என்று வாசகருக்குத் தெரிந்துவிடும். ஆங்கிலச் சொல்லால் செய்ய முடியாத வேலை இது. ஆஸ்கர் குழு என்னோடு சண்டைக்கு வந்தால் வரட்டும்.

டாக்குடிராமா வேறு. நடந்ததை எழுதிய வசனத்தோடு, நாடகமாகவே எடுப்பது. அதற்கு 'ஆவண நாடகம்' போதும். கற்பனையை ஆவணப்படம்போல எடுத்துக் கேலி செய்யும் மாக்குமெண்டரிக்குப் போலி ஆவணப்படம் என்று சிலர் எழுதுகிறார்கள். போலி என்றால் திருட்டு முத்திரை நினைவுக்கு வருகிறது, எனக்கு 'எள்ளல் ஆவணம்' பிடித்திருக்கிறது. அது இன்றைய பேச்சல்ல.

*

ஐயா, கேள்வி அருமை. ஆனால் பாதியைத்தான் ஏற்றுக்கொள்கிறேன்.

'தி வார் கேம்' படத்தில் குண்டு விழவில்லை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தப் படம் குறிவைப்பது குண்டை மட்டும் அல்ல. மக்களை எப்படி இடம்பெயர்ப்பது, வீட்டில் எப்படிப் பதுங்குவது என்று அன்றைக்கு அரசு வைத்திருந்த பாதுகாப்பு ஏற்பாடுகளை. அவை புனைவு அல்ல, காகிதத்தில் இருந்தவை. அவற்றை நிஜத்தில் ஓடவிட்டால் எப்படி நொறுங்கும் என்று காட்டத்தான் குண்டைப் புனைந்தார். உங்கள் கேள்விப்படி அது புனைவின் பக்கம் விழுகிறது. ஆனால் படம் பார்த்தவர்கள் அதை ஆவணமாக உணர்ந்ததற்குக் காரணம் அந்த அரசு ஏற்பாடுகள் நிஜமாக இருந்ததாக இருக்கலாம்.

கம்யூன் படத்தில் இன்னொரு சிக்கல். ஒரு பெண் 1871இன் தொழிலாளியாகப் பேசிக்கொண்டிருந்துவிட்டு, அப்படியே 1999இல் தான் வாழும் வாழ்க்கைக்கு வந்துவிட்டால், அந்த நிமிடத்தில் நடிப்பே நின்றுபோகிறது. நாம் பார்ப்பது ஓர் ஆள் கேமரா முன் யோசிப்பதை. அது சுத்தமான ஆவணப்படம். ஆறு மணி நேரத்துக்குப் பக்கம் ஓடும் படத்தில் பின்சொல் எத்தனை முறை மாறும்?

அதனால் இப்படிச் செய்யப்போகிறேன். வகைக்குப் பொதுப்பெயராக ஆவணப்புனைவு. எடுப்பவர் ஆவணப்புனைவாளர், அடையாக வேண்டும்போது ஆவணப்புனைவுப் பாணி. சொல் நன்றாகத் திரும்புகிறது. புனைவாவணத்தைக் கல்லோடன் பற்றிய பகுதியில் மட்டும், உங்கள் வேறுபாட்டை விளக்கிவிட்டுப் பயன்படுத்துவேன். இரண்டு சொல்லையும் மாற்றி மாற்றிப் போட்டால் அச்சுப்பிழை என்று நினைத்து யாராவது ஒன்றைத் திருத்திவிடுவார்கள். அனுபவம்.

*

அம்மா, கம்யூன் விஷயத்தில் தோற்றேன். குண்டு விஷயத்தில் இல்லை. அரசின் காகிதம் ஆவணம்தான். அதை ஓட்டிப்பார்க்கப் புனைந்த களம் புனைவுதான். பின்சொல்லை மாற்ற மாட்டேன். ஆனால் பொதுப்பெயருக்கு ஆவணப்புனைவு என்பதில் எனக்குச் சம்மதம். ஒருவேளை யாராவது அகராதியில் ஏற்றினால், விளக்கத்தில் 'கலந்த' என்ற சொல் மட்டும் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

*

ஐயா, தம்பி, இருவருக்கும் நன்றி. நின்றுபோன அந்த மூன்றாவது பத்தியை இப்படி எழுதியிருக்கிறேன்:

"வாட்கின்ஸ் எடுத்தவை ஆவணப்புனைவுகள். அவற்றில் நிகழ்ச்சி நடந்ததாக இருக்கலாம், நடக்காததாக இருக்கலாம். ஆனால் கேமரா எப்போதும் அங்கே போய் நின்று பார்த்ததுபோலவே பேசும்."

இன்னும் ஒரு முடிச்சு மிச்சம். அவர் தானே உருவாக்கிய ஒரு சொல் இருக்கிறது, 'மோனோஃபார்ம்'. வேகவேகமாக வெட்டி ஒட்டிய காட்சிகள், இடைவிடாத சத்தம், யோசிக்க ஒரு நொடிகூடத் தராத ஒரே அமைப்பு. செய்தியானாலும் தொடர் ஆனாலும் தொலைக்காட்சி எல்லாவற்றையும் அதில்தான் வார்க்கிறது என்பது அவர் குற்றச்சாட்டு. கம்யூன் படம் அவ்வளவு நீளமாக இருப்பதும் நீண்ட காட்சிகளாக ஓடுவதும் அதற்கு எதிராகத்தான். 'ஒற்றை வடிவம்' என்று எழுதினால் கணக்குப் பாடம் போல இருக்கிறது. ஒரே அச்சில் வார்த்தது என்று சொல்கிறோம் அல்லவா, அதை வைத்து 'ஒற்றையச்சு' என்று இப்போதைக்குப் போட்டிருக்கிறேன். ஆனால் அச்சு என்றதும் சிலருக்கு அச்சகம் நினைவுக்கு வரும், சிலருக்கு வண்டியச்சு. இதைவிட நல்லது தெரிந்தவர்கள் புது இழை தொடங்குங்கள். வெள்ளிக்கிழமை கட்டுரையை அனுப்பியாக வேண்டும்.