விளையாட்டுச் செயலிகளின் நச்சரிப்புக்கு என்ன சொல்? – 'தூண்டறிவிப்பு' பற்றி

வணக்கம்.

விளையாட்டுச் செயலிகள் அனுப்பும் வேண்டாத அறிவிப்புகளை நிறுத்துவது எப்படி என்று பெற்றோருக்காக ஒரு சிறு கையேடு எழுதுகிறோம். அத்தகைய அறிவிப்புகளுக்குத் தமிழ்ச் சொல் கேட்டு நான் இந்தக் குழுவில் இட்ட மடலுக்கு இவ்வளவு பதில் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. தனித்தனியாகப் பதில் எழுதினால் இழை சிக்கிக்கொள்ளும். ஒரே மடலில் எழுதிவிடுகிறேன், நீளத்தைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

> 'அறிவிப்பு' எல்லோருக்கும் தெரிந்த சொல்தானே? புதிதாக ஒன்று எதற்கு?

நோட்டிபிகேஷன் என்ற பொதுப்பொருளுக்கு 'அறிவிப்பு' போதும் ஐயா, அதில் எனக்கும் மறுப்பு இல்லை. தமிழ் மெனு வைத்த ஆண்ட்ராய்டு கைபேசியில் அதுதான் இருக்கிறது. 'அறிவிக்கை' என்றால் நம் ஊரில் தேர்வாணையம்தான் நினைவுக்கு வரும், அது அங்கேயே இருக்கட்டும். 'அறிவித்தல்' வேண்டாம் என்று இலங்கை நண்பர்களே சொல்லிவிட்டார்கள். அங்கே அந்தச் சொல்லுக்கு முன்னால் 'மரண' தானாக வந்து ஒட்டிக்கொள்கிறதாம்.

நான் கேட்டது அறிவிப்பின் ஒரு வகைக்கான சொல். ஒரே செயலியிலிருந்து வருவதாலேயே எல்லா அறிவிப்பும் ஒன்றாகிவிடாது. சதுரங்கச் செயலியில் நண்பன் காய் நகர்த்திவிட்டான், இனி உங்கள் முறை என்று ஒன்று வருகிறது. அது வராவிட்டால் நேரம் கடந்து ஆட்டம் போய்விடும். உங்கள் கணக்கில் புதிய கருவியிலிருந்து யாரோ நுழைந்திருக்கிறார்கள் என்று இன்னொன்று. இதுவும் வந்தாக வேண்டியது. மூன்றாவதாக ஒரு கூட்டம் இருக்கிறது: 'உயிர்கள் நிரம்பிவிட்டன', 'இன்றைய பரிசுப்பெட்டி காத்திருக்கிறது', 'உங்களைக் காணாமல் ஏங்குகிறோம்'.

முதல் இரண்டிலும் உண்மையாகவே ஏதோ நடந்திருக்கிறது, அதைச் சொல்கிறது. மூன்றாவதில் எதுவும் நடக்கவில்லை. கேண்டி கிரஷ்ஷை எடுத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 5 உயிர், அரை மணிக்கு ஒன்றாக நிரம்பும். ஐந்தும் தீர்ந்தால் இரண்டரை மணி நேரத்தில் மறுபடி நிறைந்துவிடும். அந்தக் கடிகாரத்தை ஓடவிட்டதே அந்த விளையாட்டுதான். தானே வைத்த கெடு முடிந்துவிட்டதென்று தானே வந்து கதவைத் தட்டுவதைச் செய்தி என்று எப்படிச் சொல்வது? அது திரும்ப வரச்சொல்லும் கூப்பாடு. நிறுவனங்கள் தங்களுக்குள் இதற்குத் தனிப்பெயர் வைத்து, எத்தனை பேர் திரும்பி வந்தார்கள் என்று கணக்கும் பார்க்கின்றன. அனுப்புகிறவர்களிடம் பெயர் இருக்கிறது, வாங்கிக்கொள்ளும் நம்மிடம் இல்லை.

> பெயர் இல்லாவிட்டால் என்ன? பிடிக்காவிட்டால் மொத்தத்தையும் ஆஃப் பண்ணிவிட வேண்டியதுதானே?

அப்படித்தான் எல்லோரும் செய்கிறார்கள். பிறகு பையன் சதுரங்க முறை தவறி ஆட்டத்தைத் தோற்றுவிட்டு வந்து சண்டை போட்டதும், மொத்தத்தையும் திரும்ப ஆன் பண்ணுகிறார்கள். மறுநாளே பரிசுப்பெட்டி வந்து நிற்கும்.

2017-இல் வந்த ஆண்ட்ராய்டு 8-இலிருந்து இதற்கு வழி இருக்கிறது. செயலி தன் அறிவிப்புகளை வகைவகையாகப் பிரித்துக் கொடுக்க வேண்டும், பயனர் ஒவ்வொரு வகையையும் தனியாக நிறுத்திக்கொள்ளலாம். வந்த அறிவிப்பை அழுத்திப் பிடித்தால் அது எந்த வகை என்று தெரியும், அங்கேயே நிறுத்தலாம். நிரல் எழுதுகிறவர்கள் இதைச் 'சேனல்' என்கிறார்கள். ஆனால் பயனர் பார்க்கும் திரையில் அதே கூகுள் 'கேட்டகரி' என்றுதான் காட்டுகிறது. நாமும் இரண்டாகவே வைத்துக்கொள்ளலாம் என்பது என் கருத்து: நிரலர்களுக்கு 'அறிவிப்புத் தடம்', பயனருக்கு 'அறிவிப்பு வகை'. 'அலைவரிசை' என்று ஒருவர் எழுதியிருந்தார். தொலைக்காட்சி நினைவு வந்துவிடும், வேண்டாம். 'வாய்க்கால்' அழகான சொல்தான். ஆனால் கைபேசி மெனுவில் பார்த்தால் தண்ணீர் திறந்துவிடச் சொல்வது போல இருக்கும்.

சரி, வகைகளை எழுதிக் காட்ட வேண்டுமென்றால் வகைக்கொரு பெயர் வேண்டுமல்லவா? 'முறை அறிவிப்பு', 'கணக்கு அறிவிப்பு' இரண்டும் சிக்கலில்லாமல் அமைந்துவிட்டன. மூன்றாவதில்தான் தகராறு.

> நச்சறிவிப்பு! நச்சரிப்பும் இருக்கிறது, நச்சும் இருக்கிறது.

இதை அனுப்பிய தம்பிக்கு என் பாராட்டு. படித்ததும் சிரித்துவிட்டேன். நச்சு + அறிவிப்பு, புணர்ச்சியும் சுத்தம். கட்டுரையில், பேச்சில், கேலியில் தாராளமாகப் பயன்படுத்தலாம், நானும் பயன்படுத்துவேன். ஆனால் செயலியின் மெனுவை மொழிபெயர்க்கும் கோப்பில் எப்படிப் போடுவது? எந்தச் செயலியும் தன் அமைப்புகள் பக்கத்தில் 'எங்கள் நச்சு' என்று தலைப்பு வைத்துக்கொள்ளாது. இன்னொன்று, இதை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். ரகரமும் றகரமும் பேச்சில் பிரியாத ஊர்களில் கிட்டத்தட்ட 'நச்சரிப்பு' போலவே காதில் விழும். தொலைபேசியில் அம்மாவுக்கு வழி சொல்லும்போது சொல் குழம்பக் கூடாது.

> தள்ளறிவிப்பு / உந்தறிவிப்பு என்று ஏற்கெனவே புழங்குகிறதே.

இவை 'புஷ்' என்பதற்கு வந்த சொற்கள். புஷ் என்பது அறிவிப்பு வரும் வழி, வருகிற நோக்கம் அல்ல. 2009-இல் ஆப்பிள் தன் புஷ் சேவையைத் தொடங்கியபோது சொல்ல வந்ததே அதுதான்: செயலி திறந்திருக்காவிட்டாலும் சேவையகத்திலிருந்து (சர்வர்) செய்தி வந்து சேரும். நண்பன் காய் நகர்த்தியதும் அந்த வழியில்தான் வருகிறது. மறுபக்கம், 'உயிர்கள் நிரம்பிவிட்டன' என்பதற்குச் சேவையகமே தேவையில்லை. விளையாட்டை மூடும்போதே இத்தனை மணிக்குக் காட்டு என்று கைபேசிக்குள்ளேயே குறித்து வைத்துவிட முடியும். அப்படிக் குறித்தது இணையத்தைத் துண்டித்தாலும் வரும். 'நெட்டை அணைச்சு வெச்சேன், அப்பவும் வருதே' என்று பெற்றோர் திகைப்பது இதனால்தான். ஆக, உந்தி வருவதிலும் வேண்டியது உண்டு, உந்தாமல் வருவதிலும் வேண்டாதது உண்டு. இந்தச் சொல் நமக்கு இங்கே உதவாது.

> விளம்பர அறிவிப்பு?

ஓரளவு பொருந்தும். புதிய பொருள் 50 விழுக்காடு தள்ளுபடி என்றால் அது விளம்பரம்தான். ஆனால் 'ஏங்குகிறோம்' என்பது எதையும் விற்கவில்லை, உங்கள் நேரத்தை மட்டும் கேட்கிறது. 'விளம்பரம்' என்று எழுதினால் படிக்கிறவர் விலை போட்டதை மட்டும் தேடுவார்.

> தண்டோரா என்று வைக்கலாமே, ஓசை நயமாக இருக்கிறது.

வேண்டாம் அண்ணா. அந்தப் பறையை யார் அடிக்க வேண்டும் என்று ஊர் முடிவு செய்த கதை உங்களுக்கும் தெரியும். 2022-இல் தமிழக அரசே அந்த வழக்கத்தை நிறுத்தச் சொன்னது. அதை எடுத்து ஒரு தொல்லைக்குப் பெயராக வைப்பது சரியாக இருக்காது.

இனி என் முன்மொழிவு: தூண்டறிவிப்பு.

தூண்டு + அறிவிப்பு. ஒருவரை ஏதோ ஒன்றைச் செய்யத் தூண்டுவதற்காகவே அனுப்பப்படும் அறிவிப்பு. உயிர் நிரம்பியது, பரிசு, ஏக்கம், தள்ளுபடி எல்லாம் இதில் அடங்கும். திட்டுகிற சொல் இல்லை, ஆகவே செயலிக்காரரும் மெனுவில் வைக்கலாம். அதே நேரம் பூசி மெழுகவும் இல்லை. பி.எட். படித்தவர்கள் 'தூண்டல் – துலங்கல்' (ஸ்டிமுலஸ் – ரெஸ்பான்ஸ்) என்று மனப்பாடம் செய்திருப்பார்கள். நடப்பதும் கிட்டத்தட்ட அதுதான். உள்ளே ஒரு தூண்டில் ஒளிந்திருப்பது கூடுதல் வசதி.

சொல் கிடைத்தால் போதாது, வினையும் வேண்டும். உண்மையில் குழப்பம் பெரும்பாலும் வினையில்தான். 'ஆஃப் பண்ணிட்டேன்' என்று சொல்கிறவரின் கைபேசியை வாங்கிப் பார்த்தால், வந்த அறிவிப்பை விரலால் ஓரமாக ஒதுக்கியிருப்பார், அவ்வளவுதான். அதை ஒதுக்கு என்போம். அது இந்த ஒரு முறைக்கு மட்டும், நாளை இன்னொன்று வரும். ஓசையில்லாமல் வந்து பட்டியலில் உட்கார்ந்துகொள்ளச் செய்வது அமைதியாக்கு. பிறகு காட்டு என்பது ஒத்திவை. வரவே கூடாது என்பதுதான் நிறுத்து. 'அணை' வேண்டாம் என்கிறேன். விளக்கை அணைக்கிறோம், குழந்தையையும் அணைக்கிறோம், கையேட்டில் 'அறிவிப்பை அணையுங்கள்' என்று வந்தால் யாராவது ஒருவர் கட்டிப்பிடிப்பார். 'முடக்கு' இப்போது கணக்கு முடக்கம், வங்கி முடக்கம் என்று தண்டனைச் சொல்லாகிவிட்டது, படிக்கிறவர் பயந்து கையை எடுத்துவிடுவார்.

'தொந்தரவு வேண்டாம்' நிலை தனிக்கதை. அதைப் போட்டாலும் அறிவிப்பு நிற்காது, நிலை மாறும்வரை வாயை மூடிக்கொண்டு சேர்ந்துகொண்டிருக்கும். இரவுக்கு நல்லது, தூண்டறிவிப்புக்கு மருந்தில்லை.

ஐபோனில் ஆண்ட்ராய்டு போல வகைக்கொரு பொத்தான் கிடையாது. அமைப்புகளில் அந்தச் செயலிக்கு மொத்தமாகத்தான் நிறுத்த முடியும். வகை பிரிக்க வேண்டுமென்றால் விளையாட்டுக்கு உள்ளேயே போய்த் தேட வேண்டும். விற்பனை நோக்கில் புஷ் அறிவிப்பு அனுப்புவதென்றால் பயனர் வெளிப்படையாகச் சம்மதித்திருக்க வேண்டும், விலகுவதற்கும் செயலிக்குள்ளேயே வழி வைக்க வேண்டும் என்று 2020 முதல் ஆப்பிள் விதி சொல்கிறது. அந்த விலகும் பொத்தானுக்கு எந்தத் தமிழ்ப் பெயரும் இதுவரை நிலைக்கவில்லை. அங்கே 'தூண்டறிவிப்பு வேண்டாம்' என்று போட்டால் எவ்வளவு தெளிவாக இருக்கும்! ஆண்ட்ராய்டு 13-இலிருந்து புதிதாக நிறுவும் செயலி அறிவிப்பு அனுப்ப முதலிலேயே அனுமதி கேட்கிறது. பிள்ளைகள் பார்க்காமலே 'அனுமதி' என்று தட்டிவிடுகிறார்கள், அதையும் கையேட்டில் சொல்லியாக வேண்டும்.

கணினிப் பக்கம் இரண்டு சிக்கல். ஒன்று, 'கேமிங் நோட்டிபிகேஷன்' என்று ஆங்கிலத்தில் சொல்வதற்கே இரண்டு பொருள். விளையாட்டிலிருந்து வருவது ஒன்று, விளையாடும்போது வேறெங்கிருந்தோ குறுக்கே வந்து விழுவது இன்னொன்று. விண்டோஸில் விளையாட்டுத் தொடங்கியதும் தானாகத் 'தொந்தரவு வேண்டாம்' நிலைக்குப் போகும் வசதி இருக்கிறதே, அது இரண்டாவதற்குத்தான். முதலாவதற்கு என்று நினைத்து அதைப் போட்டுவிட்டுக் காத்திருப்பவர்கள் உண்டு. ஆகவே 'விளையாட்டு அறிவிப்பு' என்ற தொகையையே தவிர்த்து, 'விளையாட்டின் அறிவிப்பு', 'விளையாடும்போது வரும் அறிவிப்பு' என்று விரித்து எழுதச் சொல்கிறேன்.

இரண்டாவது, உலாவி. கணினியில் எந்த விளையாட்டும் நிறுவவில்லை, ஆனாலும் திரை ஓரத்தில் பரிசு, சுழல்சக்கரம் என்று வந்துகொண்டே இருக்கும். வைரஸ் என்று கடைக்குத் தூக்கிக்கொண்டு போவார்கள். பெரும்பாலும் காரணம் எளிது: ஏதோ ஒரு தளத்தில் 'அனுமதி' அழுத்தியிருப்பார்கள். குரோமில் அமைப்புகள், தனியுரிமையும் பாதுகாப்பும், தள அமைப்புகள், அறிவிப்புகள் என்று போனால் அனுமதி பெற்ற தளங்களின் பட்டியல் கிடைக்கும், அங்கே எடுத்துவிடலாம். இதற்கு 'நிறுத்து' பொருந்தவில்லை, அனுமதியை விலக்கு என்று வைத்திருக்கிறேன்.

மிச்சம் இரண்டு. செயலிப் படத்தின் மூலையில் வரும் சிவப்பு வட்டத்துக்குப் பொட்டு என்கிறேன், எண்ணோடு வந்தால் எண்பொட்டு. திரை ஓரத்தில் எழும்பி மறையும் பெட்டிக்கு மைக்ரோசாஃப்ட் 'டோஸ்ட்' என்று பெயர் வைத்திருக்கிறது. ஆண்ட்ராய்டில் அதே பெயரில் வேறொன்று இருக்கிறது. இதற்கு என்னிடம் சொல் இல்லை.

அன்புடன்.

---

மறுமொழி

அண்ணா, வணக்கம். தூண்டறிவிப்பு நல்லா இருக்கு, எங்கட பக்கமும் விளங்கும். பொட்டு மட்டும் யோசிக்க வேணும். யாழ்ப்பாணத்தில் வேலியில் ஆள் நுழைகிற ஓட்டையையும் பொட்டு என்றுதான் சொல்லுவம். பொட்டை மூடச் சொன்னால் வேலி அடைக்கக் கிடுகு தேடுவார்கள். பகிடிக்குச் சொன்னேன், நெற்றிப் பொட்டும் இங்கே அதே சொல்தான், படத்தோடு போட்டால் பிரச்சினை இல்லை. டோஸ்டுக்கு 'எழும்பி' என்று வைத்தால் என்ன?

---

மறுமொழி

தம்பி, வேலிப் பொட்டும் பொருந்தத்தான் செய்கிறது, அதன் வழியாகத்தானே உள்ளே இழுக்கிறார்கள். பொட்டைப் படத்தோடு போட்டுவிடுகிறேன். 'எழும்பி' தமிழ்நாட்டில் வினையெச்சமாகத்தான் காதில் விழும்: எழும்பி என்ன செய்தது என்று கேட்பார்கள். 'எழுபெட்டி' என்று வினைத்தொகையாக வைத்தால் இரண்டு கரைக்கும் சரிவருமா? ஏழு பெட்டி என்று படிக்காமல் இருக்க வேண்டும். இதற்கு மட்டும் இன்னும் கருத்து வேண்டும். மற்றவை அடுத்த பதிப்புக் கோப்பில் ஏறிவிட்டன.