இரவு எட்டு மணிக்கு ஒரே குவாலியில் (வாணலியில்) மாட்டிறைச்சியும் ராஜ்மாவும் (மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் புதிதாக வந்தவர்களுக்கு)

ஊரிலிருந்து வந்து இங்கே செம்பனை (பாமாயில்) ஆலையில் சேர்ந்த தம்பிகள் இரண்டு பேர் போன வாரம் ஒரே கேள்வியைக் கேட்டார்கள். "அண்ணே, ராத்திரி எட்டு மணிக்கு வீட்டுக்கு வந்து என்னத்தைச் சமைக்கிறது?" அவர்களுக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். நானும் மார்த்தாண்டத்திலிருந்து தனியாளாக வந்து, முதல் ஒரு வருஷம் இதே கேள்வியோடு அடுப்பு முன்னால் நின்றவன்தான்.

ஆலை வேலை நேரத்தோடு முடியாது என்பதை முதலிலேயே மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். வெட்டின செம்பனைக் குலையை 24 மணி நேரத்துக்குள் அவித்துவிட வேண்டும். தாமதமானால் எண்ணெயில் அமிலம் ஏறித் தரம் இறங்கிவிடும். அதனால் சாயங்காலம் லாரி வரிசை தீரும்வரை யாரும் கிளம்ப முடியாது. காய் அதிகம் விழும் மாதங்களில் இன்னும் மோசம். வீட்டுக்கு வந்ததும் அரைமணி நேரத்தில் சாப்பாடு தட்டுக்கு வராவிட்டால், கடையில் நாசி கோரெங் (வறுத்த சோறு) வாங்கித் தின்றுவிட்டுப் படுப்பதே பழக்கமாகிவிடும். நான் ஆறு மாதம் அப்படித்தான் இருந்தேன். உடம்புக்கும் ஆகவில்லை, கையில் காசும் நிற்கவில்லை.

சமையலுக்கு முன்னால் ஒரு விஷயம். மாட்டிறைச்சி சாப்பிடுகிறவராக இருந்தால், வீடு பார்க்கும்போதே அதை வீட்டுக்காரரிடம் கேட்டுவிடுங்கள். இரண்டு மாத வாடகையை முன்பணமாகக் கொடுத்து, ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்ட பிறகு கேட்டுப் பயனில்லை.

நான் கேட்கவில்லை. எங்கள் ஊரில் ஞாயிற்றுக்கிழமை தேங்காய்க் கொத்து போட்ட மாட்டிறைச்சி சர்வ சாதாரணம். அந்த நினைப்பிலேயே வந்த முதல் வாரம் சமைத்தேன். பக்கத்து வீட்டிலேயே இருந்த வீட்டுக்கார அம்மா, தோட்டத்து லயத்தில் (தொழிலாளர் வரிசை வீட்டில்) பிறந்து வளர்ந்தவர், அன்றைக்கு வெள்ளிக்கிழமை என்று பொங்கல் கொண்டு வந்தார். வழக்கம்போல "தம்பி, பசியாறியாச்சா?" என்று கேட்டுக்கொண்டே வந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார். கோபப்படவில்லை. "இந்த வீட்ல சாமி படம் இருந்த இடம் தம்பி அது. மாடு மட்டும் வேணாம்" என்றார், அவ்வளவுதான். அந்தப் பொங்கலை என் கையில் கொடுத்துவிட்டுத்தான் போனார். அந்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

அதற்கப்புறம் அந்த வீட்டில் இருந்த பதினொரு மாதமும், சமைத்த நாட்களில் இந்த ராஜ்மாக் குழம்பைக் கோழி கொத்துக்கறியில்தான் செய்தேன். ஒப்பந்தம் முடிந்ததும் வேறு வீட்டுக்கு மாறினேன். அங்கே முதல் கேள்வியே அதுதான் கேட்டேன். பழைய வீட்டம்மாவை இன்றைக்கும் தீபாவளிக்குப் போய்ப் பார்க்கிறேன். நம் சாப்பாட்டில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஆனால் இது அவர்கள் பல தலைமுறையாக வாழும் ஊர், அவர்கள் வீடு. சீன நண்பர்களிலும் குவான் யின் தெய்வத்தைக் கும்பிடுகிறவர்கள் பலர் மாடு தொடமாட்டார்கள். அதையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

இதே காரணத்துக்காக, மாடு சாப்பிடாதவர்களுக்கும் ஒரு வார்த்தை. மலாயில் 'டாகிங்' என்றால் இறைச்சி என்று பொருள். ஆனால் கடையிலும் சாப்பாட்டுக் கடையிலும் வெறுமனே 'டாகிங்' என்றால் மாடுதான். 'நாசி கோரெங் டாகிங்', 'பர்கர் டாகிங்', 'ரெண்டாங் டாகிங்' எல்லாம் அதுவே. 'சுப் துலாங்' என்ற எலும்பு சூப்பும் பெரும்பாலும் மாட்டெலும்புதான். கோழி வேண்டுமென்றால் 'ஆயாம்', ஆடு வேண்டுமென்றால் 'கம்பிங்' என்று சொல்லிக் கேளுங்கள். வந்த புதிதில் தெரியாமல் சாப்பிட்டுவிட்டு மனம் உடைந்துபோன ஒரு தம்பியை எனக்குத் தெரியும். யாராவது முன்கூட்டிச் சொல்லியிருந்தால் அது நடந்திருக்காது.

சரி, இறைச்சி வாங்குவது. காலைப் பசாரில் (சந்தையில்) அன்றைக்கு அறுத்த உள்ளூர் மாடு கிடைக்கும். "டாகிங் செத்தெங்ஙா கிலோ, தோலோங் கிசார்" என்றால் அரைக் கிலோவை அங்கேயே அரைத்துக் கொடுப்பார்கள். விலை கொஞ்சம் கூடுதல், ருசியும் கூடுதல். சூப்பர்மார்க்கெட் உறைபெட்டியில் இருக்கும் மலிவான இறைச்சியில் பெரும்பகுதி நம் இந்தியாவிலிருந்து வந்த எருமை. 'கெர்பாவ்' என்று எழுதியிருக்கும். இந்தியா பசு மாட்டிறைச்சியை ஏற்றுமதி செய்வதில்லை, எலும்பு நீக்கிய எருமை இறைச்சியைத்தான் அனுப்புகிறது. அதில் கொழுப்பு குறைவு, துண்டாக வாங்கினால் குக்கரில் வைத்தாலொழிய வேகாது. அரைத்ததாக வாங்குங்கள். ஆஸ்திரேலிய மாட்டிறைச்சியில் அதைவிடக் கொழுப்பு கூடுதலாக இருக்கும், எண்ணெய் குறைத்துக்கொள்ளலாம்.

உறைந்த பொட்டலத்தைக் காலையில் வேலைக்குப் போகும்போது குளிர்பெட்டியின் கீழ்த் தட்டில், ஒரு கிண்ணத்தில் வைத்துவிட்டுப் போங்கள். சமையல் மேடையில் வைத்துவிட்டுப் போகாதீர்கள். இந்த ஊர் வெயிலுக்கு மத்தியானத்துக்குள் கெட்டுவிடும்.

இரண்டு பேருக்கு, மறுநாள் மத்தியானத்துக்கும் சேர்த்து, நான் எடுக்கும் அளவு இது. கொத்துக்கறி 400 கிராம், ராஜ்மா டின் ஒன்று (பெரும்பாலும் 400 கிராமுக்குக் கொஞ்சம் கூட இருக்கும், அட்டையில் 'கச்சாங் மேரா' என்று பார்த்து எடுங்கள்), பெரிய வெங்காயம் இரண்டு, பூண்டு ஆறு பல், ஒரு விரல் நீள இஞ்சி, தக்காளி இரண்டு, கறிவேப்பிலை. கறிவேப்பிலைக்குக் காசு கொடுக்காதீர்கள். இங்கே எந்தத் தமிழர் வீட்டு வாசலிலும் மரம் நிற்கும், கேட்டால் கிளையோடு ஒடித்துத் தருவார்கள். மிளகாய்க்கு 'சிலி பாடி' இரண்டு போதும். நம் காந்தாரி போலவே சின்னதாக இருந்து ஆளைத் தூக்கும்.

மசாலாவுக்கு ஊரிலிருந்து பொடி சுமந்து வர வேண்டாம். பாபாஸ், அழகப்பாஸ் இரண்டு பொடியும் எல்லாக் கடையிலும் உண்டு. இறைச்சிக் கறிக்கென்று தனிப் பொட்டலம் இருக்கும். மீன் பொடியை எடுத்துவிடாதீர்கள், வாசனையே வேறு.

வீட்டுக்குள் நுழைந்ததும் முதல் வேலை, அரிசியைக் கழுவி ரைஸ் குக்கரில் போட்டுச் சுவிட்சைத் தட்டுவது. அப்புறம்தான் குளியல். குளித்து வந்து குவாலியை நன்றாகக் காயவைத்து, இரண்டு கரண்டி எண்ணெய் விட்டு, இறைச்சியைப் பரப்பிப் போடுங்கள். வெங்காயத்துக்கு முன்னால் இறைச்சி. இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. முதலில் வெங்காயத்தை வதக்கி அதன்மேல் கொத்துக்கறியைக் கொட்டினால், வெங்காயத்து ஈரத்திலும் தன் ஈரத்திலும் இறைச்சி அவிந்து சாம்பல் நிறமாகக் கிடக்கும். ருசி இருக்காது. தனியாகப் போட்டால், முதலில் தண்ணீர் விடும், சலசலவென்று கொதிக்கும், அந்தத் தண்ணீர் வற்றும். அப்போது சத்தம் மாறும். சடசடவென்று பொரிகிற சத்தம் கேட்கும்வரை கரண்டியைப் போட்டுக் கிளறிக்கொண்டே இருக்காதீர்கள். அடியில் பழுப்பு ஏறட்டும், பிறகு புரட்டிவிட்டுக் கட்டிகளை உடையுங்கள். ஏழெட்டு நிமிஷம் ஆகும். இந்தக் குழம்பின் ருசி முழுவதும் இந்த ஏழெட்டு நிமிஷத்தில்தான் இருக்கிறது.

பழுப்பு ஏறிய இறைச்சியை ஓரமாக ஒதுக்கி, நடுவில் வெங்காயம், கறிவேப்பிலை, நசுக்கிய இஞ்சி பூண்டு, மிளகாய் போட்டு வதக்குங்கள். இரண்டு மேசைக்கரண்டி மசாலாப் பொடியைச் சிறிது தண்ணீரில் கூழாகக் குழைத்து ஊற்றுங்கள். இது இங்கே தோட்டத்துப் பெண்கள் எனக்குக் கற்றுக்கொடுத்த முறை. பொடியை அப்படியே தூவினால் அடி பிடித்துக் கசக்கும். குழைத்து ஊற்றினால் எண்ணெய் பிரியும்வரை நிதானமாக வதக்கலாம். அப்புறம் தக்காளி, உப்பு.

ராஜ்மா டின்னில் இருக்கும் வழவழப்பான நீரை ஊற்றிவிட்டு, பயறை ஒரு தரம் அலசிச் சேருங்கள். அரை டம்ளர் தண்ணீர் விட்டு, மூடி, மிதமான தீயில் பத்து நிமிஷம். அரைத்த இறைச்சி உள்ளுக்குள் முழுதும் வெந்திருக்க வேண்டும், இளஞ்சிவப்பு எங்கேயும் தெரியக்கூடாது. கால் பங்குப் பயறைக் கரண்டி முதுகால் மசித்துவிட்டால் குழம்பு தானாகக் கெட்டியாகும். கடைசியில் அரை எலுமிச்சை. சோறு வெந்து சுவிட்ச் மேலே ஏறவும் இது இறங்கவும் சரியாக இருக்கும்.

டின் வேண்டாம், காய்ந்த ராஜ்மாவே மலிவு என்பவர்கள் இதைக் கட்டாயம் கவனியுங்கள். வேகாத ராஜ்மாவில் ஒரு நச்சு இருக்கிறது. இரவு முழுக்க ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டி, புதுத் தண்ணீரில் நன்றாகத் தளதளவென்று கொதிக்கவிட்டு, மெத்தென்று ஆகும்வரை வேகவைத்தால்தான் அது போகும். பத்து நிமிஷத்துக்குக் குறையாத கொதி வேண்டும், அரை மணி என்றால் நிம்மதி. மெதுவாகச் சூடேறும் மின்சாரப் பானையில் பச்சையாகப் போட்டு வேலைக்குப் போய்விட்டால், வாந்தியும் வயிற்றுப்போக்குமாகப் படுக்க நேரும். ஞாயிற்றுக்கிழமை ஒரு கிலோ வேகவைத்து, வாரத்துக்கானதைப் பொட்டலம் பொட்டலமாக உறையவைத்துக்கொள்ளலாம். டின்னில் இருப்பது ஏற்கெனவே வெந்தது, அதற்கு இந்தப் பயம் இல்லை.

தக்காளிச் சாறில் வரும் பேக்ட் பீன்ஸ் டின்தான் கையில் இருக்கிறதென்றால் அதுவும் சரிதான். தக்காளியை விட்டுவிடுங்கள், எலுமிச்சையைக் கூட்டுங்கள், ஏனென்றால் அதில் சர்க்கரை அதிகம். பயித்தங்காய் இருந்தால் விரல் நீளம் நறுக்கிப் பயறுக்குப் பதிலாகப் போடலாம். அப்போது குழம்பாக வைக்காமல் தண்ணீர் தெளித்துச் சுருள வதக்குங்கள். கோழி கொத்துக்கறியில் செய்தால் பழுப்பு ஏற அதிக நேரம் வைக்காதீர்கள், வறண்டு இறுகிப்போகும். கடைசியில் இரண்டு கரண்டி தேங்காய்ப் பால் விட்டால் அந்தக் குறை தெரியாது. என் பழைய வீட்டம்மாவுக்கு இந்தக் கோழிக் குழம்பு பிடிக்கும்.

தோட்டத்துக் கோயில் திருவிழாவுக்குக் கொடி ஏறிய நாளிலிருந்து அந்த வரிசை வீடுகளில் பலர் கவிச்சி தொடமாட்டார்கள். அந்த நாட்களில் நானும் வெறும் ராஜ்மாவோடு முடித்துக்கொள்கிறேன். இறைச்சியை எடுத்துவிட்டால் மற்றதெல்லாம் இதே செய்முறைதான்.

மீதியை ஆறியதும் டப்பாவில் போட்டு உடனே குளிர்பெட்டியில் வையுங்கள். மறுநாள் மத்தியானம் இன்னும் ருசியாக இருக்கும். ஆலையின் பொதுக் குளிர்பெட்டியில் வைப்பதாக இருந்தால், டப்பா மூடிமேல் 'மாடு' என்று தமிழிலும் 'டாகிங்' என்று மலாயிலும் பெரிதாக எழுதி ஒட்டுங்கள். பசியில் யாராவது ஒரு கரண்டி எடுத்துச் சாப்பிடக் கேட்டால், கொடுப்பதற்கு முன்னால் வாயாலும் ஒரு தரம் சொல்லிவிடுங்கள்.