ரிசேவ் பொலிஸ் சேவைக்காலம் மூப்புக்குக் கணக்கில் வருமா?

தாண்டிக்குளத்தான்:
இலங்கையில் நிரந்தரப் பொலிஸாருக்குத் துணையாக இருந்த ரிசேவ் பொலிஸ் சேவை 2006ஆம் ஆண்டு கலைக்கப்பட்டு, அதிலிருந்தவர்கள் நிரந்தரப் பொலிஸ் சேவைக்குள் உள்வாங்கப்பட்டார்கள். என்னுடைய தனிப்பட்ட கோவையைத் திறந்தால் முதற் பக்கத்திலேயே இரண்டு திகதிகள் இருக்கும்: ரிசேவில் சேர்ந்த திகதி ஒன்று, உள்வாங்கப்பட்ட திகதி மற்றொன்று. சார்ஜன்ட் பதவியுயர்வுக்கான நேர்முகத்தில் கேட்டவர்கள் இரண்டாவது திகதியை மட்டும் படிவத்தில் எழுதிக்கொண்டு, முதலாவதைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்காமல் கோவையை மூடினார்கள். யுத்த காலத்தில் வவுனியா நகரைச் சுற்றியிருந்த காவலரண்களில் நிரந்தரக் கொன்ஸ்டபிளும் ரிசேவ் கொன்ஸ்டபிளும் ஒரே மண்மூட்டைக்குப் பின்னால், ஒரே முறைக்கடமையில், ஒரே வகைத் துப்பாக்கியோடு நின்றோம். அந்த ஆண்டுகளைச் சேவையில்லை என்று எந்த நியாயத்தில் சொல்கிறார்கள்?

செட்டிகுளம் வாசி:
ஐயா, உங்கள் சேவையை யாரும் மறுக்கவில்லை. ஆனால் சேவைக்காலம் வேறு, மூப்பு வேறு. சேவைக்காலம் உங்களுக்கும் அரசுக்கும் இடையிலான கணக்கு. அதைச் சம்பள ஏற்றத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் சேர்ப்பதால் வேறொருவருக்கும் நட்டமில்லை. மூப்பு அப்படியல்ல. அது ஒரு பட்டியலில் உள்ள இடம், ஒருவர் மேலேறினால் இன்னொருவர் இறங்கியே ஆக வேண்டும். 2003இல் நிரந்தர சேவைக்கு விண்ணப்பித்து, தெரிவாகி, களுத்துறைப் பொலிஸ் கல்லூரியில் பயிற்சி முடித்து வந்தவரை, 1998இல் ரிசேவில் சேர்ந்தவருக்குக் கீழே இன்றைக்கு ஒரு கடிதத்தால் தள்ளுவீர்களானால், அந்த மனிதர் செய்த குற்றம் என்ன? அவரிடம் விளக்கம் கேட்காமலே அவருடைய இடம் பறிபோகிறது. நானும் அப்படி நிரந்தர சேவைக்கு நேரடியாக வந்தவன்தான். என் பக்கத்தை நான் மறைக்கவில்லை.

தாண்டிக்குளத்தான்:
தம்பி, சம்பளத்தையும் ஓய்வூதியத்தையும் மூப்பிலிருந்து இவ்வளவு சுலபமாகப் பிரிக்க முடியாது. ஓய்வூதியம் கடைசியாகப் பெற்ற சம்பளத்தை அடிப்படையாகக் கொண்டது, சம்பளம் பதவிநிலையோடு போகிறது, பதவிநிலையை மூப்பு தீர்மானிக்கிறது. கொன்ஸ்டபிளாகவே அறுபது வயதில் வீட்டுக்குப் போகிறவனுக்கும் சார்ஜன்டாகப் போகிறவனுக்கும் உள்ள வித்தியாசத்தை அவன் உயிரோடு இருக்கும் காலம் முழுவதும், அவனுக்குப் பின் அவன் மனைவியும், மாதாமாதம் அனுபவிக்க வேண்டியிருக்கும். நீங்கள் விண்ணப்பித்துத் தெரிவாகி வந்ததைப் பற்றிச் சொன்னால், எங்களை உள்வாங்கும்போதும் பரீட்சை வைத்திருந்தால் நாங்கள் எழுதியிருப்போம். வைக்காதது எங்கள் தீர்மானம் அல்ல.

நெடுங்கேணியாள்:
இருவரும் ஆண்களின் பட்டியலைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறீர்கள். பெண்களுக்கு வெற்றிடங்களே தனியாகவும் குறைவாகவும் வகுக்கப்பட்டிருந்தன; மேலே இடம் இல்லாவிட்டால் மூப்பு இருந்து என்ன பயன்? 2020இல் முதன்முறையாக ஒரு பெண் பிரதிப் பொலிஸ் மா அதிபராக நியமிக்கப்பட்டபோது, அந்தப் பதவிநிலைக்கான விதிகளில் பெண்களுக்கு இடம் சொல்லப்படவில்லை என்று வாதிட்டு ஆண் அதிகாரிகள் பலர் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு தாக்கல் செய்தார்கள். விதி எழுதியவர்கள் பெண்களை நினைத்துப் பார்க்காததை, பெண்களுக்குத் தகுதியில்லை என்று வாசித்தார்கள். ரிசேவ்காரர்களின் கதையும் இதற்கு மிக அருகில் இருப்பதாகவே எனக்குப் படுகிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். வடக்கிலும் கிழக்கிலும் தமிழே நிருவாக மொழி என்று 1988இன் 16ஆவது திருத்தம் சொல்கிறது. ஆனால் நான் கடமை செய்த நிலையத்தில் பதவியுயர்வு அறிவித்தல்கள் சிங்களத்தில் மட்டுமே அறிவித்தற்பலகையில் ஒட்டப்பட்டன. வாசிக்கத் தெரிந்த ஒருவர் கடமை முடிந்து வந்து சொல்லும்வரை காத்திருந்து, விண்ணப்ப முடிவுத் திகதியைத் தவறவிட்ட பெண் கொன்ஸ்டபிள்களை நான் பார்த்திருக்கிறேன்.

செட்டிகுளம் வாசி:
அக்கா சொன்ன இரண்டையும் முழுமையாக ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் அவை ரிசேவ் கோரிக்கைக்கு ஆதாரமாகா; பெண் அதிகாரிகள் எங்களைப்போலவே நிரந்தர சேவைக்குத் தெரிவானவர்கள்.

பாதிக்கப்பட்டவர்களுக்கு ஒரு விடயம். பட்டியல் வெளியானதும் மேலதிகாரியிடம் வாய்மொழியாகச் சொல்லிவிட்டுக் காத்திருப்பது ஆபத்தானது. அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதமே கால எல்லை. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின்படி அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த எல்லைக்குள் எண்ணப்படாது. பொலிஸ் பதவியுயர்வுகளுக்குப் பொறுப்பான தேசிய பொலிஸ் ஆணைக்குழுவின் கட்டளைக்கு எதிராக நிருவாக மேன்முறையீட்டு நியாய சபைக்கும் போகலாம். நேர்முகப் புள்ளிகளைத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்தில் கேளுங்கள்.

தாண்டிக்குளத்தான்:
இந்தத் தகவலுக்கு நன்றி, தம்பி. இப்போது நான் ஒன்று கேட்கிறேன். 2003இல் வந்தவரை இறக்க வேண்டாம். அவர் இருக்கும் இடத்தில் இருக்கட்டும். ரிசேவ் காலத்தையும் சேர்த்துத் தகுதி பெறுகிறவர்களுக்கு வெற்றிட எண்ணிக்கைக்கு மேலதிகமாகப் பதவியுயர்வு கொடுத்து, அவர்கள் ஓய்வுபெறும்போது அந்தப் பதவியும் இல்லாமற்போகும் என்று எழுதினால் உங்களுக்கு என்ன மறுப்பு?

செட்டிகுளம் வாசி:
சார்ஜன்ட் பதவிவரை மறுப்பில்லை, ஐயா. ஆனால் அதற்கு அடுத்த பதவிநிலைக்கான மூப்புப் பட்டியலில் உங்கள் பெயர் 2006இன் திகதியோடுதான் நிற்க வேண்டும். அங்கேயும் பழைய திகதியைக் கொண்டுவந்தால், இங்கே இறக்காத ஆளை அங்கே இறக்குகிறீர்கள்.

தாண்டிக்குளத்தான்:
அந்த நிபந்தனையை நான் ஏற்கமாட்டேன். என்னோடு உள்வாங்கப்பட்டவர்களில் பெரும்பாலானோருக்கு அடுத்த பதவிநிலைக்குப் போக வயதில்லை. ஆகவே அது உங்களுக்கு எதையும் காப்பாற்றாது. ஆனால் இளவயதில் ரிசேவில் சேர்ந்த சிலருக்கு இன்னும் வருடங்கள் இருக்கின்றன, அவர்களுக்காக நான் கையெழுத்திட முடியாது.